பதவியைக் காப்பாற்றிக் கொடுத்த தபால் முத்திரை

ஊராட்சித் தலைவர் பதவியிலிருந்து என்னை நீக்கிய உத்தரவை உயர் நீதிமன்றம் ரத்து செய்து பத்து நாள் ஆகிறது. பதற்றம் இன்னும் முழுதாக அடங்கவில்லை. 2021 அக்டோபரில் ஒன்பது மாவட்டங்களில் நடந்த தேர்தலில் என்னைப் போல முதல்முறையாக ஜெயித்து வந்தவர்கள், முக்கியமாகப் பெண்கள், தெரிந்து வைத்துக்கொள்ள வேண்டும் என்றுதான் எழுதுகிறேன்.

தலைவரைப் பதவியிலிருந்து நீக்குவது பற்றிச் சொல்வது தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் பிரிவு 205. கலெக்டர் தாமாகவே நடவடிக்கையைத் தொடங்கலாம். இல்லையென்றால் மன்றத்தில் மூன்றில் இரண்டு பங்குப் பேர் புகாரில் கையெழுத்துப் போட்டு, இரண்டு உறுப்பினர்கள் அதை நேரில் கொடுக்க வேண்டும். எனக்கு நடந்தது இரண்டாவது. மேல்நிலைத் தொட்டிக்குப் போகும் குழாய் உடைந்தபோது மன்றத் தீர்மானம் இல்லாமல் செலவு செய்துவிட்டேன் என்று புகார். தீர்மானம் போட்டுத்தான் செய்தோம். ஆனால் ஆய்வு என்று, மன்றத் தீர்மானங்களை எழுதி வைக்கும் மினிட் புத்தகத்தை வாங்கிப் போனவர்கள் இரண்டு மாதமாகத் திருப்பித் தரவில்லை.

கலெக்டரிடமிருந்து நோட்டீஸ் வந்தது. விளக்கம் கொடுக்க 15 நாள். எந்த ஆய்வறிக்கையை வைத்துக் குற்றம் சொன்னார்களோ அதன் நகல்கூட நோட்டீஸோடு வரவில்லை. நேரில் போய்க் கேட்டேன். “ஆர்.டி.ஐ. போடுங்கம்மா” என்றார் உதவியாளர், தலையை நிமிர்த்தாமலே. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனுப் போடச் சொல்கிறார். அதில் பதில் வர 30 நாள் ஆகலாம். எனக்கு இருந்ததோ 15 நாள். மறுநாளும் போனேன், அதே பதில்.

வாய்வார்த்தையாகக் கேட்டதே போதும் என்று இருந்துவிட்டேன். வக்கீல் ஒருவரிடம் ஜூனியராக இருக்கும் என் நாத்தனார் மகன்தான் பதறிப்போனான். “எழுதிக் கேளுங்க அத்தை. அவங்க கொடுக்கலைன்னாலும், நீங்க கேட்டது காகிதத்துல நிக்கணும்.”

நகலும் அவகாசமும் கேட்டு ஒரு கடிதம், கையில் இருந்த வவுச்சர்களை வைத்து ஒரு விளக்கம், இரண்டையும் கெடு முடிவதற்கு முந்தைய நாள் கொண்டு போனேன். கலெக்டர் அலுவலகத்தில் கடிதங்களை வாங்கிப் பதியும் தபால் பிரிவில் வாங்கிக்கொண்டார்கள். என் பிரதியில் முத்திரை போட மாட்டோம் என்றார்கள். பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். மாலை ஐந்தே முக்காலுக்கு, விளக்கை அணைக்கும் நேரத்தில், ஒருவர் எழுந்து வந்து குத்திக் கொடுத்தார். ஊதா மை, தேதியில் ஒரு எண் பாதி அழிந்திருந்தது. பேனாவால் அதைத் திருத்தி எழுதி, சுருக்கொப்பமும் வாங்கினேன். இதை மட்டும் யாரும் விட்டுவிடாதீர்கள்.

அடுத்தது, என்னை நீக்கலாமா என்று உறுப்பினர்களின் கருத்தைக் கேட்கத் தாசில்தார் கூட்டும் மன்றக் கூட்டம். கூட்ட அறிவிப்பு ஏழு நாளுக்கு முன்பே வந்தது, அதில் குறையில்லை. கூட்டத்தில் தாசில்தார் நோட்டீஸை வாசித்தார். அப்புறம், “தலைவரிடமிருந்து விளக்கம் வரவில்லை” என்றார். எனக்குக் கை நடுங்கியது. முத்திரை போட்ட பிரதியை மேசையில் வைத்து, இதையும் வாசியுங்கள் என்றேன். “நான் மெரிட் பத்திப் பேசக் கூடாதும்மா.” புகார் சரியா தப்பா என்று அவர் பேசக் கூடாது என்பது உண்மைதான், சட்டம் அப்படித்தான் சொல்கிறது. ஆனால் நான் அவரைப் பேசச் சொல்லவில்லை. என் விளக்கத்தை வாசிப்பதும் அதே சட்டம் சொல்லும் வேலை. அவர் வாசிக்கவில்லை. நான் எதிர்ப்புத் தெரிவித்ததை மட்டும் நடவடிக்கைக் குறிப்பில் எழுத வைத்தேன். அந்த இரண்டு வரிக்காக அரைமணி நேரம் நின்றேன்.

ஆறு பேர் எனக்கு எதிராகச் சொன்னார்கள். மூன்று வாரத்தில் நீக்க உத்தரவு வந்தது. அதிலும் “விளக்கம் பெறப்படவில்லை” என்றே இருந்தது.

நீதிமன்றத்தில் எங்கள் வக்கீல், மகாராஷ்டிராவின் உரண் நகராட்சித் தலைவர் வழக்கில் 2012இல் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பைக் காட்டினார். தேர்ந்தெடுக்கப்பட்டவரை நீக்குவது அவர்மேல் களங்கம் சுமத்துகிறது, தேர்ந்தெடுத்தவர்களும் தங்கள் பிரதிநிதியை இழக்கிறார்கள் என்று அதில் இருக்கிறது. அதைக் கேட்டபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. என்னைத் தேர்ந்தெடுத்த ஊரைப் பற்றி அதுவரை எந்தக் காகிதத்திலும் ஒரு வார்த்தை இல்லை. முத்திரையையும் நடவடிக்கைக் குறிப்பையும் பார்த்த பிறகு வழக்கு நீளவில்லை. உத்தரவு ரத்து, நகல்களைக் கொடுத்து, விளக்கம் வாங்கி, முதலிலிருந்து முடிவெடுக்க வேண்டும் என்று தீர்ப்பு.

நேற்று மினிட் புத்தகத்தின் நகல் கைக்கு வந்தது. குழாய்த் தீர்மானம் அப்படியே இருக்கிறது. புகாரில் கையெழுத்துப் போட்ட ஆறு பேரில் நான்கு பேரின் கையெழுத்து அதன் கீழேயும் இருக்கிறது. புதன்கிழமை அதையும் சேர்த்து விளக்கம் கொடுக்கப் போகிறேன், இரண்டு பிரதியாக.