பட்டியலில் ஓர் இடம்

2017 டிசெம்பரில், வேட்புமனுத் தாக்கலுக்கு முந்திய கிழமை ஓர் அக்கா என்னிடம் கேட்ட கேள்விக்கு நான் சொன்ன பதிலில் ஒரு சொல்லும் பொய்யில்லை. உள்ளூராட்சித் தேர்தல் சட்டத்தை எடுத்து வைத்து, வரிவரியாக அதை என்னால் இன்றைக்கும் நிறுவ முடியும். அப்படி இருந்தும் அந்தப் பதிலை நான் இத்தனை வருடமாக மனதுக்குள் திருப்பித் திருப்பிச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருப்பதால்தான் இதை எழுதுகிறேன்.

அப்போது நான் முல்லைத்தீவு மாவட்டத்தில் புதிதாக உருவாகிக்கொண்டிருந்த ஓர் அரசியல் அமைப்பின் முழுநேரக் கள ஒருங்கிணைப்பாளராக இருந்தேன். அதற்கு முன்னர் மீள்குடியேற்றக் கிராமங்களில் தொண்டு நிறுவன வேலை பார்த்தேன். நிதி முடிந்து அலுவலகங்கள் ஒவ்வொன்றாகப் பூட்டப்பட்டபோது, அதே கிராமங்களுக்கு அதே மோட்டார் சைக்கிளில் வேறொரு வேலையாகப் போகத் தொடங்கினேன். அந்த ஆண்டு எப்படிப்பட்டது என்பதை இங்குள்ளவர்களுக்கு விளக்கத் தேவையில்லை. படையினர் பிடித்து வைத்திருந்த தங்கள் காணியைக் கேட்டு ஜனவரி 31 ஆம் திகதி விமானப்படை முகாம் வாசலில் அமர்ந்த கேப்பாப்பிலவுப் பிலக்குடியிருப்புச் சனம் மார்ச் 1 ஆம் திகதி தங்கள் காணிக்குள் காலடி வைத்தது. பெப்ரவரி 20 ஆம் திகதி கிளிநொச்சி கந்தசுவாமி கோயில் முன்பாகக் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் உறவினர் போராட்டத்தைத் தொடங்கினார்கள். மழையிலும் வெயிலிலும் அந்தக் கொட்டகைகளில் இருந்தவர்களில் பெரும்பாலானோர் பெண்கள். கட்சிக்காரர் வந்தார்கள், பேசினார்கள், படம் எடுத்துக்கொண்டு போனார்கள். போகாமல் அங்கேயே இருந்தவர்களுக்கிடையே உண்டான பழக்கத்திலிருந்துதான் எங்கள் அமைப்பு பிறந்தது.

அமைப்பு என்று நாங்கள் சொல்லிக்கொண்டோமே தவிர, சட்டத்தின் கண்ணில் நாங்கள் ஒரு கட்சி அல்ல. அங்கீகரிக்கப்பட்ட கட்சியாவதற்கு நான்கு ஆண்டுகள் அரசியல் செயற்பாட்டில் இருந்திருக்க வேண்டும். கணக்காய்வு செய்யப்பட்ட கணக்குகளும் யாப்பும் கொள்கைப் பிரகடனமும் காட்ட வேண்டும். ஆகவே சுயேச்சைக் குழுவாகத்தான் நின்றோம். அங்கீகரிக்கப்பட்ட கட்சி ஒரு வேட்பாளருக்கு 1,500 ரூபாய் கட்டுப்பணம் செலுத்தினால் போதும். சுயேச்சைக் குழு 5,000 ரூபாய் செலுத்த வேண்டும். எங்கள் கட்டுப்பணத்தின் பெரும்பகுதி பெண்களின் சீட்டுக் காசு. சின்னமும் வேட்புமனுவுக்குப் பிறகுதான் கையில் கிடைத்தது. தமிழரசுக் கட்சியின் வீட்டுச் சின்னத்துக்குப் புள்ளடி போட்டுப் பழகிய ஊர்களில், அதுவரை ஒருவரும் அரசியலோடு சேர்த்துப் பார்த்திராத ஒரு சின்னத்தைச் சில கிழமைகளுக்குள் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டியிருந்தது. படலை படலையாக ஏறி இறங்குவதைத் தவிர எங்களுக்கு வேறு வழி இருக்கவில்லை.

அந்த நடையைத் தொடங்கி வைத்தவர் நான் சொல்லும் அக்கா. அவரிடம் எண்பது பக்கக் கொப்பி ஒன்று இருந்தது. பக்கத்துக்கு ஒரு வீடு. மேலே குடும்பத் தலைவர் பெயர். பல பக்கங்களில் அது ஒரு பெண்ணின் பெயர். கீழே, காணி அனுமதிப்பத்திரம் வந்ததா, வீட்டுத்திட்டக் காசு எந்தக் கட்டத்தில் நின்றுபோனது, கிணறு எந்த மாதத்தில் வற்றும், நுண்கடன்காரர் எந்த நாளில் வருவார், யானை எந்தப் பக்கத்தால் வரும் என்றெல்லாம் நீல மையில் நுணுக்கி நுணுக்கி எழுதியிருப்பார். ஒரு வீட்டில் ஏதாவது சரிவந்தால் அந்த வரியை வெட்டமாட்டார். பக்கத்தில் திகதி போடுவார். தொண்டு நிறுவனத்தில் நாங்கள் நிரப்பிய படிவங்கள் எதிலும் இவ்வளவு விபரம் இருந்ததில்லை. எங்கள் துண்டுப்பிரசுரத்தில் ஏழெட்டுக் கோரிக்கைகள் இருந்தன. எல்லாம் அந்தக் கொப்பியிலிருந்து எடுத்தவை.

2017 ஆம் ஆண்டின் திருத்தத்துக்குப் பிறகான கலப்பு முறையில் 60 சதவீதமான உறுப்பினர்கள் ஊர்ப் பிரிவுகளான வட்டாரங்களில் நேரடியாக வென்றும், 40 சதவீதமானவர்கள் சபை முழுவதும் கிடைத்த வாக்கின் விகிதாசாரப்படியும் வருவார்கள். பெண்களுக்கு 25 சதவீதம் என்ற ஒதுக்கீடு அந்தத் தேர்தலில்தான் முதன்முதலாக நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன்னர் நாடு முழுவதிலும் உள்ளூராட்சி உறுப்பினர்களில் பெண்கள் 2 சதவீதம்கூட இருக்கவில்லை. ஆனால் வட்டாரங்களுக்கான முதலாவது வேட்புமனுப் பத்திரத்தில் 10 சதவீதம் பெண்கள் இருந்தால் போதும் என்றும், விகிதாசார ஆசனங்களுக்கான பட்டியலாகிய மேலதிக பத்திரத்தில் பாதிப்பேர் பெண்களாக இருக்க வேண்டும் என்றும் சட்டம் சொன்னது. பெண்களைப் பட்டியலுக்கு அனுப்பும் வழியைச் சட்டமே திறந்து வைத்திருந்தது. எல்லாக் கட்சிகளும் அந்த வழியால் போயின. நாங்களும் போனோம்.

அவருடைய முற்றத்தில், பெயர்களைச் சரிபார்த்துக்கொண்டிருந்த ஒரு பின்னேரம், "தம்பி, என்னை வட்டாரத்திலயே போடுங்கோ. தோத்தால் தோக்கட்டும்" என்றார்.

"அக்கா, புதுக் குழுவுக்கு வட்டாரம் வெல்லுறது கஷ்டம். பட்டியலிலதான் பொம்பிளையளுக்கு இடம் கூட. எல்லா வட்டாரத்து வாக்கும் சேர்ந்து ஒரு ஆசனம் வந்தாலும், அதுக்கு உங்களைப் போடலாம்."

"அந்த ஒரு ஆசனத்துக்கு ஆளை ஆர் தீர்மானிக்கிறது?"

"குழுதான், அக்கா."

"அப்ப என்னைச் சனம் தெரிவு செய்யேல்லை. நீங்கள்தான் தெரிவு செய்யிறியள்."

நான் சிரித்தேன் என்று நினைக்கிறேன். "உங்கட வேலை எங்களுக்குத் தெரியாதோ அக்கா?" என்றேன். அவர் அதற்குமேல் ஒன்றும் கேட்கவில்லை. கையெழுத்து வைத்தார்.

நான் சொன்னது அவ்வளவும் உண்மை. சொல்லாமல் விட்டவை இரண்டு. வட்டாரத்தில் தோற்றவரையும் பட்டியல் ஆசனத்துக்குப் பெயரிடலாம் என்பது ஒன்று. அதன்படி பார்த்தால் அவர் வட்டாரத்தில் நிற்பதால் எதையும் இழக்கப்போவதில்லை. வட்டார வேட்பாளர்களைக் குழு எப்படித் தேர்ந்தது என்பது மற்றது. சொந்தபந்தம் பெருத்தவர், கோயில் நிர்வாகத்தில் இருப்பவர், உழவு இயந்திரமும் ஆட்களும் வைத்திருப்பவர் என்றுதான் பார்த்தார்கள். கணவனை 2009 இல் இழந்து, வேறு ஊரிலிருந்து வந்து குடியேறிய ஒரு பெண்ணுக்கு அந்தக் கணக்கில் இடமிருக்கவில்லை. இதை முகத்துக்கு நேரே சொல்வதைவிடப் பட்டியலின் நன்மையைச் சொல்வது அவருக்கும் மரியாதை, எனக்கும் இலகு என்று அன்று எண்ணினேன். இன்றைக்கும் அது முழுக்கப் பிழையான எண்ணம் என்று என்னால் சொல்ல முடியவில்லை. அந்தக் கணக்கை நான் போடவில்லை, மாற்றும் அதிகாரமும் எனக்கு இருக்கவில்லை.

2018 பெப்ரவரி 10 ஆம் திகதி தேர்தல். காலபோக அறுவடை தொடங்கியிருந்த நேரம். வயலுக்குப் போகிறவர்களை விடியப்புறத்திலும், சூடடித்துவிட்டு வருகிறவர்களை இருட்டிய பிறகும்தான் பிடிக்க முடிந்தது. அக்கா இரண்டு நேரமும் நடந்தார். தன் வட்டாரத்தில் மட்டுமல்ல, குழு நிறுத்திய மற்ற ஆண்களின் வட்டாரங்களிலும் நடந்தார். வாக்குச்சீட்டில் வேட்பாளர் பெயர் இருப்பதில்லை, சின்னம்தான் இருக்கும். அதனால் அவர் சேர்த்த ஒவ்வொரு வாக்கும் இன்னொருவர் வட்டாரத்துக் கணக்கில்தான் விழுந்தது. முடிவு வந்தபோது எங்களுக்கு வட்டாரம் ஒன்றும் இல்லை. விகிதாசாரத்தில் ஓர் ஆசனம் கிடைத்தது. வருடக்கணக்காக இருந்த கட்சிகளுக்கு நடுவே பெயரில்லாத ஒரு குழு பிரதேச சபைக்குள் போகிறது என்று அன்றிரவு ஊரில் வெடி கொளுத்தினார்கள். நானும் மனம் நிறைந்துதான் நின்றேன்.

அடுத்த நாள் குழுக் கூட்டம். சட்டம் என்ன சொல்கிறது என்று என்னைத்தான் கேட்டார்கள், சுற்றறிக்கைகளை வாசித்தவன் நான் என்பதால். மொத்த வாக்கில் 20 சதவீதத்துக்குக் குறைவாகவும், மூன்று உறுப்பினர்களுக்குக் குறைவாகவும் பெறும் குழு பெண்ணைப் பெயரிட வேண்டும் என்ற கட்டாயம் இல்லை என்று சொன்னேன். கேட்டதற்குச் சொன்னேன். ஒதுக்கீட்டின் பெரிய ஓட்டை அதுதான். பல சபைகள் அந்தத் தேர்தலில் 25 சதவீதத்தை எட்டாமல் போனதற்கும் அது ஒரு காரணம். தன் வட்டாரத்தில் சிறிய வித்தியாசத்தில் இரண்டாவதாக வந்த ஓர் அண்ணையின் பெயரைத் தலைவர் சொன்னார். நான் அக்காவுக்குச் சொன்னதைச் சொன்னேன்.

"அது நீங்கள் சொன்னது தம்பி, குழு சொல்லேல்லையே" என்றார் தலைவர். கோபமாகச் சொல்லவில்லை. பிறகு பொறுமையாக விளக்கினார். "அவருக்குக் குடுக்காட்டில் அந்த வட்டாரம் அடுத்தமுறை எங்களுக்கு இல்லை. அக்கா அப்பிடியில்லை. அவ எங்களை விட்டுட்டுப் போகமாட்டா."

அந்தக் கடைசி வசனத்துக்கு நான் பதில் சொல்லவில்லை. அது உண்மை என்று எனக்கும் தெரிந்திருந்தது. வாசலில் நின்று வாக்குக் கேட்கும்போது நம்பிக்கை என்று எதைச் சொன்னோமோ, அதுவே கூட்டத்துக்குள் ஓர் ஆளுக்கு ஆசனம் கொடுக்காமல் விடுவதற்குக் காரணமாகிவிட்டது. எங்கள் குழுவில் கெட்டவர்கள் இருக்கவில்லை. சம்பளத்துக்கு வேலை செய்யும் ஒருங்கிணைப்பாளருக்கு வாக்குரிமையும் இருக்கவில்லை. இருந்திருந்தாலும் அன்று தலைவரின் கணக்குக்கு எதிராக என்ன கணக்கை வைத்திருப்பேன் என்று யோசித்துப் பார்க்கிறேன். கொப்பியைத்தான் வைத்திருக்க முடியும். கொப்பி அடுத்த தேர்தலை வெல்லாது என்று அவர் சொல்லியிருப்பார்.

அந்தத் தெரிவு நல்ல விளைவைத்தான் தந்தது என்பது எனக்கு இன்னும் கடினமாக இருக்கிறது. அந்த அண்ணை சபையில் சும்மா இருக்கவில்லை. பெரும்பான்மை இல்லாத சபையில் ஒரு வாக்கின் பெறுமதியை அறிந்து, அதை வைத்து உள்வீதிகளுக்கும் பொதுக் கிணறுகளுக்கும் நிதி கேட்டார், சிலவற்றைப் பெற்றார். என்ன கேட்பது என்பதற்கு அக்காவிடம்தான் வந்தார். அக்கா வீடு வீடாகச் சொன்னார், அவர் சபையில் எழுந்து சொன்னார். தலைவர் கணித்தபடியே அந்த வட்டாரமும் எங்களோடு நின்றது. 2024 பொதுத்தேர்தலில் முல்லைத்தீவும் அடங்கும் வன்னித் தேர்தல் மாவட்டத்தின் ஆறு ஆசனங்களில் இரண்டைத் தெற்கைத் தளமாகக் கொண்ட தேசிய மக்கள் சக்தி எடுத்தபோது, பழைய சின்னங்களின் பிடி இவ்வளவு தளர்ந்திருக்கிறதா என்று பலர் வியந்தார்கள். படலைகளில் நின்றவர்களுக்கு அது புதினமாக இருக்கவில்லை. 2025 மே 6 ஆம் திகதி நடந்த உள்ளூராட்சித் தேர்தலில் எங்கள் குழு முதன்முறையாக வட்டாரம் வென்றது. வென்றவர் அந்த அண்ணைதான்.

அக்கா அந்தத் தேர்தலில் நிற்கவில்லை. 2023 ஜனவரியில் அவரை வட்டாரத்துக்கே நிறுத்தியிருந்தோம்; அந்த முறை நான் ஒற்றைக்காலில் நின்றேன், குழுவும் ஒத்துக்கொண்டது. மார்ச் 9 ஆம் திகதி நடக்கவிருந்த அந்தத் தேர்தல் பிற்போடப்பட்டு, கடைசியில் வேட்புமனுக்களே இரத்தாகிவிட்டன. மீண்டும் கேட்டபோது, மகளின் பிள்ளையைப் பார்க்க வேண்டும் என்றார். அது உண்மையான காரணம். பிள்ளை அவர் மடியில்தான் இருந்தது. மனத்தாங்கல் இருந்தால் வாய்விட்டுச் சொல்கிற ஆள் அவர் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். 2018 இல் அவர் ஒன்றும் சொல்லவில்லை என்பதும் உடனே நினைவுக்கு வருகிறது.

இப்போது குழு கட்சியாகப் பதிவு செய்ய ஆயத்தமாகிறது. நிர்வாகிகளில் ஒரு பெண்ணாவது இருக்க வேண்டும் என்பது சட்டத்தின் நிபந்தனைகளில் ஒன்று. எல்லோர் வாயிலும் அக்காவின் பெயர்தான் முதலில் வந்தது. போய்க் கேட்கும் பொறுப்பை என்னிடம் தந்திருக்கிறார்கள். யாப்பின் வரைவு என் கையால் எழுதப்பட்டது. அதில் ஒரு பிரிவைச் சேர்த்திருக்கிறேன்: விகிதாசார ஆசனம் கிடைத்தால் யார் எந்த ஒழுங்கில் பெயரிடப்படுவார்கள் என்பதை, வாக்களிப்புக்கு முன்பே ஒவ்வொரு ஊர்க் கூட்டத்திலும் வாசிக்க வேண்டும், பிறகு மாற்றுவதானால் அதே கூட்டங்களுக்குத் திரும்பிப் போக வேண்டும். தலைவர் இதை விரும்பவில்லை. கைகளைக் கட்டிக்கொண்டு அரசியல் செய்ய முடியாது என்கிறார். 2018 இல் இந்தப் பிரிவு இருந்திருந்தால் இன்று வென்ற வட்டாரம் இருந்திருக்காது என்றும் சொல்கிறார். அதை மறுக்க என்னிடம் ஆதாரம் இல்லை. அந்தப் பிரிவு நிறைவேறிய பிறகுதான் அக்காவிடம் போவேன் என்று கூட்டத்தில் சொல்லிவிட்டேன். பதிவு விண்ணப்பத்துக்கு நாள் நெருங்குவதால், வேறொருவரை அனுப்பலாமா என்று பேசிக்கொண்டிருக்கிறார்கள்.