சிறகிழந்த கழுகு

ரோமானியர் காலத்துப் பிரிட்டனைக் களமாகக் கொண்ட நாவல்களில் நான் அடிக்கடி எடுத்துப் புரட்டுவது, ரோஸ்மேரி சட்க்ளிஃப் 1954இல் வெளியிட்ட ‘ஒன்பதாம் படையணியின் கழுகு’. கி.பி. 117 வாக்கில் வடக்கே சென்ற ஒன்பதாம் படையணி திரும்பவேயில்லை என்ற நம்பிக்கையையும், 1866இல் தெற்கு இங்கிலாந்தின் சில்செஸ்டர் அகழாய்வில் கிடைத்த வெண்கலக் கழுகையும் முடிச்சுப் போட்டு, தந்தையின் படைக்கு நேர்ந்ததை அறிய ரோமானியர் பிரிட்டனின் வடக்கில் எழுப்பிய ஹேட்ரியன் சுவரைத் தாண்டிச் செல்லும் மார்கஸின் கதையை அவர் புனைந்தார். ரெடிங் அருங்காட்சியகத்தில் இருக்கும் அக்கழுகுக்குச் சிறகுகள் இல்லை. அந்தக் குறையும் கதைக்குள் வந்துவிடுகிறது.

ரோமானியப் படையணிகள் கழுகுருவத்தைத் தம் சின்னமாக ஏந்திச் சென்றன; ஆனால் சில்செஸ்டர் கழுகு படைச்சின்னமே அன்று, ஏதோவொரு சிலையின் பகுதி என்பதே இன்றைய ஆய்வாளர் கருத்து. நெதர்லாந்தின் நைமேகனில் ஒன்பதாம் படையணியின் முத்திரை பதித்த ஓடுகள் கிடைத்திருப்பதால், அது பிரிட்டனிலேயே அழிந்தது என்பதும் ஐயத்துக்குரியதாகிவிட்டது. இருந்தும் நாவல் சாயம் போகவில்லை என்பேன். மார்கஸ் கண் மருத்துவராக வேடமிட்டுச் செல்வதையே பாருங்கள்: மருந்துக் கட்டிகளில் மருத்துவரின் பெயரையும் மருந்தின் பயனையும் பதிக்கப் பயன்பட்ட சிறு கல் முத்திரைகள், பிரிட்டனிலும் பிரான்ஸிலும் உண்மையாகவே பல இடங்களில் கிடைத்திருக்கின்றன.