மணிக்கட்டில் ஒரு கோடு

பையன்கள் இரவு ஒன்பது மணிக்கு மேல்தான் வருவார்கள். பகலில் அந்த எம்.ஆர்.ஐ. மெஷின் நோயாளிகளுக்கே போதாது. கடைசி நோயாளியை அனுப்பிவிட்டு ஒரு டீ குடித்துத் திரும்பினால், வெளியே பெஞ்சுகளில் இருபது இருபத்தைந்து பேர் ஒரே நிற டிராக் சூட்டில் உட்கார்ந்திருப்பார்கள். ஏசி குளிர் தாங்காமல் கைகளைத் தொடைகளுக்கு நடுவே செருகியிருப்பார்கள். என்னைப் பார்த்ததும் எழுந்து நின்று "ஷிகாமூ, டக்டாரி" என்பார்கள். நான் டாக்டர் இல்லை, டெக்னீஷியன். ஆஸ்பத்திரி உடை போட்டவர் எல்லாரும் அவர்களுக்கு டக்டாரிதான்.

ஷிகாமூ என்பது சுவாஹிலியில் வயதில் பெரியவருக்குச் சொல்லும் வணக்கம். பெரியவர் "மரஹாபா" என்று பதில் சொல்ல வேண்டும். இருவரில் யார் முதலில் சொல்வது என்பதை வயதுதான் முடிவு செய்யும். அந்த ஊரில் நான் முதலில் கற்றுக்கொண்ட வார்த்தைகள் இவை இரண்டும்தான்.

எனக்குச் சொந்த ஊர் தென்காசிப் பக்கம். ரேடியோகிராபி படித்து, மதுரையில் ஆறு வருடம் வேலை பார்த்த பிறகு, 2014-ல் தான்சானியாவின் டார் எஸ் சலாமுக்குப் போனேன். ஒரு தனியார் மருத்துவமனையில் ஏழு வருடம். எத்தனையோ ஆயிரம் ஸ்கேன் எடுத்திருப்பேன். ஆனால் ஊர் திரும்பிய பிறகும் நினைவில் வந்து நிற்பது, எந்த நோயும் இல்லாத இந்தப் பையன்களின் மணிக்கட்டுகள்தான். கால்பந்து ஆடும் பையன்கள். வயது சரிதானா என்று பார்க்கத்தான் அவர்கள் மணிக்கட்டை ஸ்கேன் எடுப்போம்.

ஆப்பிரிக்க நாடுகளின் 17 வயதுக்குட்பட்டோர் அணிகளுக்கென்று ஒரு கால்பந்துக் கோப்பைப் போட்டி நடக்கிறது. நான் அங்கே இருந்த காலத்தில் அது இரண்டு வருடத்துக்கு ஒருமுறை. 1995-ல் மாலியில் முதன்முதலாக நடந்தபோது கானா ஜெயித்தது. இதில் முன்னேறும் அணிகள் அந்த வயதுக்கான உலகக் கோப்பைக்குப் போகும். உலகக் கோப்பையில் ஐரோப்பிய கிளப்புகளின் ஆட்கள் நோட்டும் பேனாவுமாக உட்கார்ந்திருப்பார்கள். குடிசையில் பிறந்த ஒரு பையனின் குடும்பம் அங்கே அவன் அடிக்கும் ஒரு கோலில் தலைமுறைக்கும் எழுந்து நின்றுவிடும். அதனால்தான் வயதைக் குறைத்துச் சொல்லும் ஆசை. பத்தொன்பது வயதுக்காரன் பதினாறு வயதுக்காரனோடு மோதினால் என்ன ஆகும் என்று, தெருவில் பந்து ஆடிய யாருக்கும் தெரியும்.

ஸ்கேன் எப்படி என்று சொல்லிவிடுகிறேன். பையன் குப்புறப் படுக்க வேண்டும். இடது கையைத் தலைக்கு மேலே முன்னால் நீட்ட வேண்டும். மணிக்கட்டைச் சுற்றி, படத்துக்கான சிக்னலை வாங்கும் காயிலைப் பொருத்தி, அசையாமல் இருக்கப் பக்கத்தில் பஞ்சு வைத்து அடைப்பேன். காதுக்கும் அடைப்பு கொடுப்பேன், ஏனென்றால் மெஷின் போடும் சத்தம் தகரக் கூரையில் கல் விழுவதைப் போல இருக்கும். "துலியா, துலியா" என்று மைக்கில் சொல்லிக்கொண்டே இருப்பேன். அமைதியாய் இரு என்று அர்த்தம். பிரெஞ்சு பேசும் அணி வந்தால் கை ஜாடைதான். மூன்று மில்லிமீட்டர் கனத்தில் படங்கள் விழும். ஒரு பையனுக்குப் பத்து நிமிடத்துக்கு மேல் ஆகாது.

உள்ளே போகுமுன் உலோகம் எதுவும் உடம்பில் இருக்கக் கூடாது. செயின், சில்லறை, பெல்ட் எல்லாம் வாங்கி வைப்போம். பலர் கையிலோ இடுப்பிலோ அம்மா கட்டிவிட்ட தாயத்து இருக்கும். அதைக் கழற்றச் சொன்னால் முகம் வாடிவிடும். தட்டில் போட மாட்டேன். வாங்கி என் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, "இங்கேதான் இருக்கிறது" என்று தொட்டுக் காட்டுவேன். அதற்கப்புறம்தான் படுப்பார்கள்.

நாங்கள் தேடுவது முன்கையில் பெருவிரல் பக்கம் உள்ள ரேடியஸ் எலும்பின் நுனியில் ஒரு கோட்டை. வளரும் பிள்ளைக்கு அந்த நுனி தனித் துண்டாக இருக்கும். நடுவில் குருத்தெலும்பு. படத்தில் இரண்டு பக்கத்து மஜ்ஜையும் வெளிறித் தெரிய, நடுவில் குருத்தெலும்பு கருத்த பட்டையாய் ஓடும். வயது ஏற ஏற அந்தப் பட்டை மெலியும், அங்கங்கே அறுந்துபோகும், கடைசியில் எலும்பு ஒன்றாய்ச் சேர்ந்து கோடு மறைந்துவிடும். இதை ஆறு படிகளாகப் பிரித்திருக்கிறார்கள். ஆறாவது படி என்றால் கோடே இல்லை. உலகக் கால்பந்து அமைப்பான ஃபிஃபாவுக்காகச் செய்த ஆய்வில் சுவிட்சர்லாந்து, மலேசியா, அல்ஜீரியா, அர்ஜென்டினா ஆகிய நாடுகளின் பையன்களைப் பார்த்தார்கள். பதினேழு முடியாத பையனுக்குக் கோடு முழுசாய் மறைந்திருப்பது நூற்றில் ஒன்றுக்கும் குறைவு என்று தெரிந்தது. 2009-ல் நைஜீரியாவில் நடந்த 17 வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பையிலிருந்து இது நடைமுறைக்கு வந்தது. எக்ஸ்ரே எடுத்தால் இன்னும் மலிவுதான். ஆனால் ஒரு விளையாட்டுக்காக நல்ல உடம்புப் பிள்ளை மேல் கதிர்வீச்சு பாய்ச்சக் கூடாது. அந்த முடிவு சரி என்பேன்.

இந்த ஸ்கேன் யாருக்கும் வயது சொல்லாது. கோடு இல்லையென்றால் பதினேழைத் தாண்டியிருக்கிறான், அநேகமாக. அவ்வளவுதான். கோடு இருந்தால் பதினைந்தாகவும் இருக்கலாம், பதினெட்டாகவும் இருக்கலாம். பெண் பிள்ளைகளுக்கு எலும்பு சீக்கிரமே சேர்ந்துவிடும், அவர்களுக்கு இந்த அளவுகோல் ஆகாது. நூற்றில் ஒன்றுக்கும் குறைவு என்று சொன்னேன் அல்லவா, அந்தக் குறைவுக்குள்ளும் பையன்கள் இருக்கிறார்கள். உண்மையிலேயே பதினாறு வயது, எலும்பு மட்டும் முந்திக்கொண்டது. அவன் தரப்பைச் சொல்ல அவனிடம் வேறு என்ன இருக்கிறது? பெரும்பாலும் ஒன்றும் இருக்காது. நான் அங்கே போன காலத்தில், தான்சானியாவில் ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளில் ஏறத்தாழ நான்கில் ஒன்றுக்குத்தான் பிறப்பே பதிவாகியிருந்தது.

இதை நான் குற்றமாய்ச் சொல்லவில்லை. என் அப்பாவின் பிறந்தநாள் ஜூன் 1. அவர் தம்பிக்கும் ஜூன் 1. பள்ளிக்கூடத்தில் சேர்த்த அன்று ஹெட்மாஸ்டர் எழுதிய தேதி அது. அப்போதெல்லாம் எங்கள் ஊரில் பிறப்புச் சான்று இல்லாத பிள்ளையை ஒன்றாம் வகுப்பில் சேர்ப்பதற்கு ஒரு சோதனை இருந்தது: வலது கையைத் தலைக்கு மேலாகச் சுற்றி இடது காதைத் தொட வேண்டும். தொட்டால் ஐந்து வயது, தொடாவிட்டால் அடுத்த வருடம் வா. ஒருநாள் எங்கள் டிரைவரிடம் இதைச் சொன்னேன். அவர் காரை ஓட்டிக்கொண்டே வலது கையைத் தூக்கித் தலைக்கு மேல் சுற்றி இடது காதைப் பிடித்துக் காட்டினார். அவரையும் அப்படித்தான் சேர்த்தார்களாம். அன்றிரவு ஒரு பையனின் கையைத் தலைக்கு மேலே நீட்டிவிடும்போது என் கை ஒரு நொடி நின்றது.

ஒரு ராத்திரியைப் பற்றி மட்டும் விரிவாகச் சொல்ல வேண்டும். எந்த அணி, எந்த வருடம் என்று சொல்ல மாட்டேன். நோயாளி விஷயத்தில் வாய் திறக்காமல் பழகியவன், இந்தப் பையன்களுக்கும் அதே மரியாதை உண்டு.

அன்று கூட்டி வந்த ஆள் பாஸ்போர்ட்டுகளை ரப்பர் பேண்டு போட்டுக் கட்டாகக் கொடுத்தார். பெயர் கூப்பிட்டு, புகைப்படத்தைப் பார்த்து, உள்ளே அனுப்புவது என் பொறுப்பு. நள்ளிரவு தாண்டியதும் கண் எரிய ஆரம்பித்தது. படத்தையும் முகத்தையும் சேர்த்துப் பார்ப்பதை விட்டுவிட்டுப் பெயரைக் கூப்பிட்டுக் கை நீட்டச் சொல்லிக்கொண்டிருந்தேன். தப்பு என்னுடையது.

எட்டாவதோ ஒன்பதாவதோ வந்த பையனின் படத்தில், மணிக்கட்டின் நடுவில் உள்ள கேபிடேட் எலும்பில் மிளகு அளவுக்கு ஒரு கரும்புள்ளி இருந்தது. எலும்புத் தீவு என்போம். அது அவனை ஒன்றும் செய்யாது. வளரும் கோடு நன்றாகத் திறந்து, அகலமாய் இருந்தது. சின்னப் பையன், சந்தேகமே இல்லை. அப்புறம் இரவு ஒரு மணிக்கு மேல் இன்னொரு பெயர், இன்னொரு பாஸ்போர்ட், தலையில் தொப்பி. படம் திரையில் விழுந்ததும் எனக்குத் தூக்கம் போய்விட்டது. அதே கேபிடேட், அதே இடத்தில் அதே மிளகு. பழைய படத்தைப் பக்கத்தில் இழுத்து வைத்தேன். ஒரே கை.

சட்டைப் பையைத் தொட்டுப் பார்த்தேன். சிவப்புக் கயிற்றில் தகரக் குழாய் கோத்த தாயத்து. முதல் தடவையும் அதையேதான் வாங்கி வைத்துத் திருப்பிக் கொடுத்திருந்தேன். எலும்பைப் பார்த்துக் கண்டுபிடித்தேனே தவிர, கையில் கிடைத்ததைப் பார்க்கவில்லை.

ஸ்கேனை முடித்து அவனை எழுப்பி உட்கார வைத்தேன். "தம்பி, இரண்டு தடவை வந்தாயா?" என்றேன். என்னை நேராகப் பார்த்து, "போகச் சொன்னார்கள், டக்டாரி" என்றான். பயம் இல்லை அவனிடம். கூட ஆடும் ஒருவனுக்கு உதவி செய்கிறோம் என்றுதான் நினைத்திருக்கிறான். தாயத்தைக் கொடுத்தேன். இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டான்.

படத்தைப் பார்த்து அறிக்கை எழுதும் டாக்டரான ரேடியாலஜிஸ்ட் அம்மாவுக்கு அந்த நேரத்தில் போன் செய்தேன். அங்கே எல்லாரும் அவரை "மாமா" என்று கூப்பிடுவோம், சுவாஹிலியில் மாமா என்றால் அம்மா. காலையில் வந்து இரண்டு படங்களையும் நெடுநேரம் பார்த்தார். "பார்த்ததை எழுதித்தான் ஆக வேண்டும்" என்றார். இரண்டு பெயர்களிலும் எடுத்தது ஒரே மணிக்கட்டு என்று எழுதினார். வேறு எதுவும் எழுதவில்லை.

அணிப் பட்டியல் வெளிவந்தபோது இரண்டு பெயர்களுமே இல்லை. யாருக்காகக் கை கொடுத்தானோ அவனும் இல்லை, கை கொடுத்த இவனும் இல்லை. இவன் கோடு திறந்திருந்தது. அந்தப் போட்டியில் ஆடத் தகுதி இருந்த பையன். அன்றைக்கு இரண்டு வருடத்துக்கு ஒருமுறை வந்த போட்டியில், இந்த வயதுக்கு ஒரு தடவைதான் வாய்ப்பு. மறு வருடம் வேறொரு கூட்டம் பையன்களோடு அதே ஆள் வந்தார், அதே மாதிரி ரப்பர் பேண்டு போட்ட கட்டோடு. நான் அவரிடமிருந்து கட்டை வாங்கவில்லை. ஒவ்வொரு பையனும் தன் பாஸ்போர்ட்டைத் தானே எடுத்துவர வேண்டும், கதவருகே நான் போட்டோ எடுப்பேன், கையில் எண் எழுதிய பட்டையை ஒட்டுவேன், எல்லாரும் முடித்த பிறகே பட்டையை அறுப்பேன் என்றேன். மேலிடத்தில் நேரம் வீணாகிறது என்றார்கள். ஆகட்டும் என்றேன்.

2019 ஏப்ரலில் இதே கோப்பை டார் எஸ் சலாமுக்கே வந்தது. 14-ம் தேதி ஞாயிற்றுக்கிழமை, தொடக்க ஆட்டம், தெமெகேயில் உள்ள தேசிய ஸ்டேடியம். டலடலா மினிபஸ்ஸில் நசுங்கிக்கொண்டு போனேன். உள்ளூர் அணியை செரங்கெட்டி பாய்ஸ் என்பார்கள். நைஜீரியாவுக்கு எதிராக நான்கு கோல் அடித்தார்கள், ஐந்து வாங்கினார்கள். பக்கத்தில் நின்ற பெரியவர் தோற்ற பிறகும் கை தட்டிக்கொண்டே இருந்தார். அடுத்த இரண்டு ஆட்டங்களும் போய், தான்சானியா வெளியேறியது. நான் பந்தைப் பார்த்ததைவிட, கோல் விழுந்ததும் மேலே உயரும் கைகளைத்தான் அதிகம் பார்த்தேன்.

28-ம் தேதி இறுதி ஆட்டம் கோல் இல்லாமல் முடிந்து, பெனால்டியில் கேமரூன் கினியாவை 5-3 என்று வென்றது. கினியா அதோடு உலகக் கோப்பைக்குப் போயிருக்க வேண்டும். ஆனால் அவர்களுடைய இரண்டு வீரர்களுக்கு, 2017-ல் ஜப்பானில் நடந்த ஒரு போட்டியில் கொடுத்த பிறந்த தேதி வேறாக இருந்தது என்று புகார் எழுந்தது. ஆப்பிரிக்கக் கால்பந்துக் கூட்டமைப்பு கினியாவை நீக்க, பிரேசிலுக்கு செனகல் போனது. அங்கே பிடித்துக் கொடுத்தது ஸ்கேன் அல்ல, பழைய தாள். எங்கள் மெஷினால் ஆகிற வேலையும் ஆகாத வேலையும் எனக்கு அன்றைக்கு ஒன்றாய்த் தெரிந்தது.

அப்படியானால் ஸ்கேனே வேண்டாமா என்று கேட்பவர்களிடம் நான் நைஜீரியாவைச் சொல்வேன். அந்த வயதில் அவர்கள் ஜெயித்தபோதெல்லாம், "இவர்கள் பையன்களே இல்லை" என்றுதான் உலகம் பேசியது. ஸ்கேன் வந்த 2009-ல் போட்டிக்கு முன்பே பலரை அணியிலிருந்து எடுக்க வேண்டியதாயிற்று. அதற்குப் பிறகு, மணிக்கட்டைக் காட்டிவிட்டு, 2013-லும் 2015-லும் அதே உலகக் கோப்பையை ஜெயித்தார்கள். 2015-ல் பத்து கோல் அடித்த விக்டர் ஒசிமென் இன்றைக்கு யார் என்று எல்லாருக்கும் தெரியும். வயது உண்மையான பையனுக்கு அந்தக் கோடு ஒரு சாட்சி. அந்த நம்பிக்கையில்தான் நான் ராத்திரி ராத்திரியாய் உட்கார்ந்தேன்.

நான் ஊர் திரும்பிய பிறகு, 2022 டிசம்பர் கடைசியில் கேமரூன் செய்தி வந்தது. தகுதிச் சுற்றுக்குத் தேர்ந்தெடுத்த 30 பேரில் 21 பேர் ஸ்கேனில் தவறினார்கள். முன்னாள் நட்சத்திர வீரர் சாமுவேல் எட்டோ தலைமையிலான கேமரூன் கால்பந்து சம்மேளனம் அதை மறைக்காமல் வெளியே சொல்லி, வேறு பையன்களைச் சேர்த்தது. அந்த அணி தகுதி பெற்று அல்ஜீரியா வரை போகவும் செய்தது. நாளேடுகள் 21 என்ற எண்ணைத்தான் பெரிதாய்ப் போட்டன. அந்த 21 பேரையும் கூட்டிச் சேர்த்து, வயதைக் குறைத்துச் சொல்லச் சொல்லிக்கொடுத்த பெரியவர்கள் யாரென்று எங்கும் படிக்கவில்லை. எனக்கு அங்கே அந்த ஸ்கேன்களை எடுத்திருக்கும் டெக்னீஷியன்தான் ஞாபகத்துக்கு வந்தார். ஒன்றன்பின் ஒன்றாகக் கோடில்லாத மணிக்கட்டு திரையில் விழ, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒரு பையன் அசையாமல் படுத்திருப்பான்.

படம் முதலில் எங்களுக்குத்தான் தெரியும். ஆனால் ரேடியாலஜிஸ்ட் எழுதும்வரை வாய் திறக்கக் கூடாது, முகத்திலும் காட்டக் கூடாது. பையன்களுக்கு அது தெரியாது. கதவைத் திறந்து உள்ளே போனதும், காயிலைக் கழற்றுவதற்குள், குப்புறப் படுத்தபடியே தலையை மட்டும் திருப்பி "சாவா, டக்டாரி?" என்று கேட்பார்கள். எல்லாம் சரியா என்று அர்த்தம்.

பஞ்சை ஒவ்வொன்றாய் எடுப்பேன். மரத்துப்போன கையை இரண்டு கையாலும் பிடித்து மெல்லக் கீழே இறக்கிவிடுவேன். "அசையாமல் இருந்தாய், தம்பி" என்பேன். அப்புறம் சட்டைப் பையிலிருந்து தாயத்தை எடுத்து அவன் உள்ளங்கையில் வைப்பேன்.