அமுச்சி சொன்ன கருத்தம்மா

போன ஞாயித்துக்கெழம டிவில சந்திரமுகி ஓடிட்டு இருந்துச்சு, நானும் முறுக்கு தின்னுட்டே சும்மா பாத்துட்டு இருந்தனுங்க, அகிலாண்டேஸ்வரி மூஞ்சிய விறைப்பா வச்சுட்டு வந்து நின்னதும் எங்க அமுச்சி (எங்கம்மாவப் பெத்தவங்க) "அட, நம்ம கருத்தம்மா"ன்னுச்சு. நான் பாரதிராஜா படம்னு நெனச்சுட்டேன். "அதில்ல சாமி, செம்மீன்ல வருமே, ஷீலா."

எங்கூரு பொள்ளாச்சிக்கு மேக்க, கொஞ்ச தூரம் போனா கேரளா. அப்பெல்லாம் ஆண்டெனாவ பாலக்காட்டுப் பக்கம் திருப்பிவச்சா புள்ளி புள்ளியா மலையாளப் படம் தெரியும். அமுச்சிக்கு பாஷை பாதி தான் புரியும், ஆனா கதை பூரா சொல்லும்.

அன்னிக்கு ராத்திரியே செம்மீன் போட்டுப் பாத்தேன். 1965ல வந்த கலர் படம், தகழி நாவலு, ராமு காரியாட் டைரக்‌ஷன், தென்னிந்தியாவுக்கு மொத ஜனாதிபதி தங்கப் பதக்கம் வாங்கிக் குடுத்தது. புருசன் கடலுக்குப் போயிருக்கறப்ப பொண்டாட்டி தப்புப் பண்ணுனா கடலம்மா அவன எடுத்துக்குவான்னு ஒரு நம்பிக்க. கடைசில பழைய காதலன் பரீக்குட்டி வெளிய நின்னு கூப்புடறான், புருசன் கடல்ல இருக்கான், இந்தம்மா வீட்டுக்குள்ள. அந்த மூஞ்சில ஓடறது இருக்கே, வசனமே வேண்டாமுங்க. அப்ப அவங்களுக்கு இருபது வயசு தான் இருக்கும்!

எல்லாரும் ஷீலா மலையாள ஹீரோ பிரேம் நசீர் கூட 130 படம் ஜோடியா நடிச்ச ரெக்கார்டு பத்தித்தான் பேசறாங்க, எனக்கென்னமோ அது பெருசாத் தெரியல. 1969ல கேரள அரசு சினிமா விருது குடுக்க ஆரம்பிச்சப்ப மொத சிறந்த நடிகையே இவங்க தான், கள்ளிச்செல்லம்மா படத்துக்கு. இத்தனைக்கும் 1962ல நம்ம எம்ஜிஆரோட பாசம் படத்துல தான் சினிமாவுக்கே வந்தாங்களாம், நாம தான் விட்டுட்டோம். எம்பதுகள்ல ஒதுங்கிட்டு 2003ல மனசினக்கரைங்கற மலையாளப் படத்துல கொச்சுத்ரேசியாவா திரும்பி வந்தாங்க, நயன்தாராவுக்கு மொத படமே அது தான், ரெண்டே வருசத்துல ரெண்டு பேரும் சந்திரமுகில. நடுவுல அகலே படத்துக்கு தேசிய விருது வேற.

இன்னொன்னு தான் என்னைய தூக்கிவாரிப் போட்டுச்சு. 1976ல இந்தம்மாவே யக்‌ஷகானம்னு ஒரு பேய்ப் படம் டைரக்ட் பண்ணிருக்காங்க, அதைத் தான் 1978ல தமிழ்ல ஆயிரம் ஜென்மங்கள்னு எடுத்தாங்க, அதுல ரஜினி! அதாவது சந்திரமுகில ரஜினி பேயோட்டறத ஓரமா நின்னு மொறச்சுப் பாக்கற அத்தை, அவருக்கு முன்னாடியே ஒரு பேய்க்கதைக்கு வழி போட்டவங்க.

காலைல அமுச்சிகிட்ட சொன்னேன். வெத்தலைய மடிச்சுட்டே, "அப்ப அந்தம்மாவயே ஓட்டச் சொல்லிருக்கலாமல்லோ, இவரெதுக்கு"ன்னு கேட்டுட்டு முறுக்கு டப்பாவ எடுத்து உள்ள வச்சுருச்சு.