மூன்று கணக்குகளும் ஆறு குவியல்களும்

மலையகத் தோட்டங்களில் ‘கணக்கு’ என்றால் எண்கணிதம் என்று மட்டும் பொருளல்ல. தோட்டத்தின் ஒரு பிரிவுக்கும் அதுவே பெயர். மேலே இருப்பது மேக்கணக்கு, கீழே இருப்பது பணியக்கணக்கு, இரண்டுக்கும் இடையில் நடுக்கணக்கு. அபிவிருத்தி உத்தியோகத்தராக நான் முதன்முதலில் பொறுப்பேற்ற, மஸ்கெலியாப் பக்கத்துத் தோட்டமொன்றில் இந்த மூன்றுமே இருந்தன. பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்துவிட்டு, பட்டதாரி நியமனத்தில் பிரதேச செயலகத்துக்கு வந்து சேர்ந்த எனக்கு, இந்தச் சொல்லின் இரண்டு பொருளும் ஒன்றோடொன்று முட்டிக்கொண்டது அங்கேதான்.

தோட்டத்துக்குக் கிடைத்த ஒதுக்கீடு ஒரு வேலைக்கு மட்டுமே போதுமானது. பேசிப் பேசி மூன்று கோரிக்கைகள் எஞ்சியிருந்தன: மேக்கணக்குக்கு ஏறும் பாதைக்குக் கொங்கிரீட் போடுவது, பணியக்கணக்குக்குத் தண்ணீர்க் குழாயைப் புதுப்பிப்பது, நடுக்கணக்கில் உள்ள பிள்ளை மடுவத்தின், அதாவது வேலை நேரத்தில் பிள்ளைகளை விட்டுச்செல்லும் காப்பகத்தின், ஒழுகும் கூரையை மாற்றுவது. மேக்கணக்கு மக்கள் ஊற்றுக்குப் பக்கத்தில் இருப்பவர்கள். அவர்களுக்குத் தண்ணீர்க் கஷ்டம் கிடையாது, ஆனால் நோயாளிகளைக் கம்பளியில் சுமந்து இறக்கியே சலித்துப் போயிருந்தார்கள். பணியக்கணக்கோ பஸ் போகும் வீதியோரத்தில் இருந்தது. மாசி, பங்குனியில் அவர்களுடைய குழாயில் காற்றுத்தான் வரும். மடுவம் மூன்று கணக்குப் பிள்ளைகளுக்கும் பொது.

குடும்பத்துக்கு ஒன்றாக 97 அட்டைகள் தயாரித்தேன். வாசிக்கத் தெரியாத மூத்தவர்களும் இருந்ததால், பெயர்களுக்குப் பதிலாகப் பாதை, குழாய், தொட்டில் என்று மூன்று படங்களை வரைந்து, விருப்பப்படி 1, 2, 3 என்று இலக்கமிடச் சொன்னேன். “அதிகம் பேர் கேட்பதைச் செய்வோம்” என்று கூட்டத்தில் அறிவித்தேன். அந்த ஒரு வாக்கியத்தில் எவ்வளவு பெரிய ஓட்டை இருக்கிறது என்பது, கணிதம் படித்த எனக்கே அப்போது உறைக்கவில்லை.

வாசிகசாலையின் சிமெந்துத் தரையில் அட்டைகளைப் பரப்பி, ஒன்று எங்கே விழுந்திருக்கிறது என்பதை மட்டும் பார்த்து எண்ணினோம். பாதை 39, தண்ணீர் 31, மடுவம் 27. பாதை வென்றதாக அறிவித்ததும் மேக்கணக்குப் பக்கமிருந்து கைதட்டல் எழுந்தது. கூட்டம் கலையும் நேரத்தில், கொழுந்துக் கறை ஏறிய விரல்களோடு வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்ற ஓர் அம்மா, “சேர், ரோட்டக் கடைசியா போட்டவங்க எத்தன பேருனு எண்ணலியா?” என்று கேட்டார். எண்ணவில்லை என்றேன். அவர் மேலும் ஒன்றும் சொல்லாமல் போய்விட்டார்.

அன்றிரவு விடுதி அறையில் அட்டைகளை மீண்டும் பிரித்தேன். மூன்று பொருள்களை வரிசைப்படுத்த ஆறு வழிகள்தான் உண்டு. ஆகவே கட்டிலின் மேல் ஆறு குவியல்கள். பாதை, மடுவம், தண்ணீர் என்ற வரிசையில் 36 அட்டைகள். பாதை, தண்ணீர், மடுவம் என்று 3. தண்ணீர், மடுவம், பாதை என்று 29. தண்ணீர், பாதை, மடுவம் என்று 2. மடுவம், தண்ணீர், பாதை என்று 22. மடுவம், பாதை, தண்ணீர் என்று 5. அந்த அம்மாவின் கேள்விக்கு விடை, மூன்றாவது குவியலையும் ஐந்தாவது குவியலையும் கூட்டினால் கிடைத்தது: 51. அதாவது, நான் வெற்றியாளர் என்று அறிவித்த பாதைதான் பாதிக்கும் மேற்பட்ட குடும்பங்களின் கடைசி விருப்பம்.

இது புதிய கண்டுபிடிப்பு அல்ல. 1770இல் பிரெஞ்சு விஞ்ஞானக் கழகத்தின் முன் போர்டா என்ற கடற்படைப் பொறியியலாளர் எழுப்பிய முறைப்பாடே இதுதான்: முதல் விருப்பத்தை மட்டும் எண்ணினால், பெரும்பான்மையோர் மிகக் குறைவாக விரும்புகிறவரே வென்றுவிட முடியும். அவர் சொன்ன மாற்று, வரிசைக்குப் புள்ளி கொடுப்பது. முதலிடத்துக்கு 2, இரண்டாமிடத்துக்கு 1, கடைசிக்கு 0 என்று போட்டுப் பார்த்தேன்: மடுவம் 119, தண்ணீர் 87, பாதை 85. முதல் எண்ணிக்கையில் கடைசியாக வந்த மடுவம் எட்டாத தூரத்தில் முன்னால் நின்றது. 1785இல் கொண்டோர்சே என்ற பிரெஞ்சு அறிஞர் முன்வைத்த வழியில், இரண்டிரண்டாக மோதவிட்டாலும் அதே விடைதான் வந்தது: பாதையை எதிர்த்து மடுவத்துக்கு 56க்கு 41, தண்ணீரை எதிர்த்து 63க்கு 34. ஆனால் நம் நாட்டில் ஜனாதிபதியைத் தெரிவுசெய்யும் முறைப்படி, முதலிரு இடங்களுக்கு வராததை நீக்கி, அந்த அட்டைகளின் அடுத்த விருப்பத்தை எடுத்துச் சேர்த்தால், தண்ணீர் 53, பாதை 44. ஆக, அதே 97 அட்டைகளில் ஓர் இலக்கத்தைக்கூட மாற்றாமல், பாதை, தண்ணீர், மடுவம் ஆகிய மூன்றில் எதை வேண்டுமானாலும் ‘மக்கள் தீர்ப்பு’ என்று என்னால் கையெழுத்திட்டு அனுப்ப முடிந்திருக்கும். எனக்குத் தூக்கம் போனது அப்போதுதான்.

அடுத்த வாரம் மீண்டும் கூட்டம் வைத்து, ஆறு குவியல்களையும் பிரவுன் தாளில் எழுதி ஒட்டி, எல்லாவற்றையும் சொன்னேன். மடுவமே நியாயமான முடிவு என்று நினைப்பதாகவும் சொன்னேன். மேக்கணக்கைச் சேர்ந்த, தோட்டக் கமிட்டித் தலைவராக இருந்த பெரியவர் எழுந்தார். கோபமே இல்லாத குரலில், “சேர், இப்படித்தான் எண்ணுவீங்கனு மொதல்லயே சொல்லியிருந்தா, நாங்க மடுவத்த ரெண்டாவதா போட்டிருக்க மாட்டோமே” என்றார்.

அந்தப் பெரியவரின் வாய்மொழியைக் கணிதத்தில் தேற்றமாகவே எழுதி வைத்திருக்கிறார்கள். 1973இல் கிபார்டும் 1975இல் சட்டர்த்வெயிட்டும் தனித்தனியே நிறுவியதன் சாரம் இது: வெல்லக்கூடியவை மூன்றோ அதற்கு மேலோ இருக்கும்போது, ஒருவருடைய வாக்கு மட்டுமே எல்லாவற்றையும் முடிவுசெய்யும் முறையைத் தவிர வேறு எந்த முறையிலும், மனத்தில் உள்ளதை உள்ளபடி போடாமல் மாற்றிப் போட்டால் இலாபம் கிடைக்கும் சந்தர்ப்பம் எங்காவது இருக்கும். புள்ளி முறையில் இந்தக் கதவு அகலமாகவே திறந்திருக்கிறது. மேக்கணக்கின் அந்த 36 குடும்பங்களும் மடுவத்தைக் கடைசிக்குத் தள்ளியிருந்தால், மடுவத்தின் புள்ளி 119இலிருந்து 83ஆக விழுந்து, தண்ணீரின் புள்ளி 87இலிருந்து 123ஆக ஏறியிருக்கும். மடுவத்தை வீழ்த்த நினைத்து, தாங்கள் அறவே விரும்பாத தண்ணீரை அவர்களே முடிசூட்டியிருப்பார்கள்! இதைச் சொன்னபோது பெரியவர் சிரித்தார். ஆனால் அவர் சொன்னது சரி. விதியைத் தெரிந்துகொண்டு போட்ட வாக்கும் தெரியாமல் போட்ட வாக்கும் ஒன்றல்ல. வாக்குகளைப் பார்த்த பிறகு விதியைத் தேர்ந்தெடுக்கும் உரிமை எனக்கு இருக்கவில்லை. மேலிடத்தில் விசாரித்தபோது, கோப்பு போய்விட்டது, இனி மாற்ற முடியாது என்றார்கள். பாதைக்குக் கொங்கிரீட் விழுந்தது. மடுவத்தின் கூரைக்கு அந்த மழைக்காலம் முழுவதும் தார்ப்பாய்தான்.

விதியை முன்கூட்டியே சொன்னால் மட்டும் போதும் என்று அதன்பின் சில ஆண்டுகள் நம்பிக்கொண்டிருந்தேன். 2024 செப்டெம்பர் 21ஆம் திகதி நடந்த ஜனாதிபதித் தேர்தலில் வாக்கெண்ணும் கடமைக்குப் போனபோது அந்த நம்பிக்கையும் ஆட்டம் கண்டது. 1982இல் நடந்த முதலாவது ஜனாதிபதித் தேர்தலிலிருந்தே சட்டத்தில் இருந்தும் ஒருபோதும் தேவைப்படாத விருப்பு வாக்கு எண்ணிக்கை, அந்தத் தேர்தலில்தான் முதன்முறையாகத் தேவைப்பட்டது. செல்லுபடியான 13,319,616 வாக்குகளில் அனுரகுமார திசாநாயக்கவுக்கு 5,634,915உம் சஜித் பிரேமதாசவுக்கு 4,363,035உம் கிடைத்தன. இருவரும் பாதியைத் தொடவில்லை. மற்ற வேட்பாளர்களுக்கு விழுந்த 33 இலட்சத்துக்கும் மேற்பட்ட வாக்குச்சீட்டுகளில் அடுத்த விருப்பம் தேடப்பட்டது. அனுரகுமாரவுக்கு 105,264, சஜித்துக்கு 167,867. ஏனைய 30 இலட்சத்துக்கும் மேற்பட்ட சீட்டுகளில் இந்த இருவரில் எவருக்கும் விருப்பம் குறிக்கப்பட்டிருக்கவில்லை. அனுரகுமாரவின் இறுதி எண்ணிக்கையான 5,740,179, எஞ்சிய இருவருக்குள் 55.89 சதவீதம், செல்லுபடியான எல்லா வாக்குகளுக்குள்ளும் பார்த்தால் ஏறத்தாழ 43 சதவீதம். இதில் சட்டப் பிழை எதுவும் இல்லை. ஆனால் எங்கள் லயங்களில், தொழிலாளர்களின் அந்த வரிசை வீடுகளில், எத்தனை பேரிடம் ‘புள்ளடி போட்டாலும் செல்லும், 1, 2, 3 என்று போட்டால் இன்னும் தூரம் போகும்’ என்று யாராவது உட்கார்ந்து விளக்கியிருப்பார்கள்? வர்த்தமானியில் இருப்பது வேறு, வாக்காளரின் கைக்கு வந்து சேர்வது வேறு.

அட்டைகள் எல்லாம் ஒழுங்காக நிரம்பி, விதியும் எல்லோருக்கும் தெரிந்து, அப்படியும் முடிவே இல்லாமல் போன இடமும் உண்டு. ஒரு மாதர் சங்கத்தின் ஒன்பது பேர் கொண்ட செயற்குழு, சுழற்சிக் கடன் நிதியைக் கறவை மாட்டுக்கா, தையல் இயந்திரத்துக்கா, காளான் வளர்ப்புக்கா கொடுப்பது என்று கூடியது. மூன்று பேருக்கு மாடு, தையல், காளான் என்ற வரிசை. மூன்று பேருக்குத் தையல், காளான், மாடு. மற்ற மூவருக்குக் காளான், மாடு, தையல். மாடு தையலை 6க்கு 3 என்று வெல்லும், தையல் காளானை அப்படியே வெல்லும், காளான் மாட்டை அப்படியே வெல்லும். கொண்டோர்சே காட்டிய சுழல் இதுதான். புத்தகத்தில் எத்தனையோ தடவை பார்த்திருந்தாலும், ஒன்பது பெண்கள் நேரில் அதை உருவாக்கிக் காட்டியபோது, வெட்கத்தை விட்டுச் சொல்வதானால், கொஞ்சம் மகிழ்ந்தேன். தலைவி முதலில் மாட்டையும் தையலையும் வாக்குக்கு விடப் பார்த்தார். அப்படிச் செய்திருந்தால் மாடு வென்று, பின்பு காளானிடம் தோற்றிருக்கும். தையலையும் காளானையும் முதலில் விட்டிருந்தால் கடைசியில் மாடு வந்திருக்கும். எது பின்னால் நிறுத்தப்படுகிறதோ அதுவே வெல்லும் என்றால், நிகழ்ச்சிநிரல் எழுதுகிறவர்தான் முடிவெடுக்கிறார். இதைச் சொன்னதும், “அப்ப சீட்டுக் குலுக்கிருவோம்” என்றார் ஒருவர். மாதாமாதம் சீட்டுப் போடுகிறவர்களுக்கு அது அந்நியமான வழி அல்ல. மடுவத்திலிருந்து ஒரு பிள்ளையைக் கூட்டிவந்து எடுக்கச் செய்தார்கள், தையல் வந்தது.

உடனிருந்த ஆசிரியர் ஒருவர், இதுவல்லவா நம் முன்னோரின் குடவோலை என்று பெருமைப்பட்டார். குடவோலை வாக்கெடுப்பல்ல, சிறுவனைக் கொண்டு ஓலையெடுக்கும் குலுக்கல்தான் என்ற அளவில் அவர் சொன்னது பொருத்தமே. ஆனால் முதலாம் பராந்தகன் காலத்து உத்தரமேரூர்க் கல்வெட்டு, குடத்தில் பெயர் விழுவதற்குக் கால்வேலிக்கு (வேலி என்பது பழைய நில அளவு) மேல் இறை செலுத்தும் நிலமும் சொந்த மனையில் கட்டிய வீடும் கேட்கிறது. அந்தத் தகுதியை வைத்துப் பார்த்தால், அன்றைக்கு அந்த லயத்தில் ஒருவர் பெயரும் குடத்துக்குள் போயிருக்காது.

எண்ணும் விதிக்கு முன்னால் நிற்கும் கேள்வி அதுதான்: யாரை எண்ணுவது? 1947 தேர்தலில் மலையகத் தொகுதிகள் பலவற்றில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் வேட்பாளர்கள் வென்றார்கள். 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டமும் அதைத் தொடர்ந்த தேர்தல் சட்டத் திருத்தமும் வந்தபின், 1952இல் ஒருவர்கூட வரவில்லை. மக்களும் மலையும் அங்கேயே இருந்தார்கள், வாக்காளர் இடாப்பில்தான் இல்லை. மீண்டும் 1977இல் நுவரெலியா–மஸ்கெலியா மூன்று அங்கத்தவர் தொகுதியில், காமினி திசாநாயக்க, அநுர பண்டாரநாயக்க ஆகியோருடன் மூன்றாமவராகத் தோட்டத் தொழிலாளர் தலைவர் சௌமியமூர்த்தி தொண்டமான் தெரிவானார். அந்தத் தொகுதியில் ஒருவருக்கு மூன்று வாக்குகள்; மூன்றையும் ஒருவருக்கே போடலாம். வாக்காளரில் காற்பங்குக்கு மேல் இருக்கும் ஒரு சமூகம் தன் மூன்றையும் ஒருவருக்கே குவித்தால், மற்றவர்கள் எப்படிப் பங்கிட்டாலும் அந்த ஒருவரைத் தடுக்க முடியாது என்பது சாதாரண வகுத்தல் கணக்கு. ஒற்றை அங்கத்தவர் தொகுதியில் அதே காற்பங்கால் ஒன்றும் ஆகியிருக்காது.

என் 97 அட்டைகளுக்கும் இந்தக் கேள்வி பொருந்தும் என்பது வெகுகாலம் கழித்தே எனக்குத் தோன்றியது. குடும்பத்துக்கு ஓர் அட்டை என்று நான்தான் தீர்மானித்தேன். அட்டையை நிரப்பியவர்களில் பெரும்பாலோர் ஆண்கள். விடியற்காலையில் பிள்ளையை மடுவத்தில் விட்டுவிட்டு மலைக்கு ஏறுகிறவர்கள் பெண்கள். ஆளுக்கு ஓர் அட்டை கொடுத்திருந்தால் மடுவத்துக்கு விழுந்த 27 அப்படியே இருந்திருக்கும் என்று நான் நம்பவில்லை.

குறையே இல்லாத விதியைத் தேடும் ஆசை இப்போது எனக்கு இல்லை. மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட தெரிவுகளை வரிசைப்படுத்தும்போது, எல்லோரும் ஒருமித்து விரும்புவதை மதிப்பது, எவரையும் சர்வாதிகாரி ஆக்காதது, இரண்டை ஒப்பிடும்போது மூன்றாவதன் நிலை குறுக்கே வராதது ஆகிய நிபந்தனைகளை எல்லாச் சந்தர்ப்பங்களிலும் ஒருசேர நிறைவேற்றி, முரணில்லாத வரிசையையும் தரும் விதி எதுவும் கிடையாது என்று பொருளியலாளர் கென்னத் அரோ 1951இலேயே நிறுவிவிட்டார். எங்கள் தோட்டத்தில் மடுவம் பட்டியலில் இருந்தவரை பாதை தண்ணீரை வென்றது. மடுவத்தை எடுத்துவிட்டால் தண்ணீர் பாதையை வென்றது. அரோவின் மூன்றாவது நிபந்தனை உடையும் இடம் இதுதான்.

இப்போதெல்லாம் அட்டைகளுக்கு முன்பு பிரவுன் தாள்தான் சுவரில் ஏறும். கடந்த மாதம் வேறொரு தோட்டத்தில், புள்ளி முறை, இரண்டிரண்டாக மோதவிடும் முறை ஆகிய இரண்டையும் கடலை விதைகளை வைத்து விளக்கி, எது வேண்டும் என்று கேட்டேன். “இத எப்படி எண்ணுவீங்க சேர்?” என்று பின்வரிசையிலிருந்து ஒரு பிள்ளை கேட்டாள், உயர்தரத்தில் கணிதம் படிப்பவளாம். தெரிவு இரண்டே இரண்டு, ஆகவே சாதாரணப் பெரும்பான்மை போதும். எல்லா வாக்காளரையும் இரண்டு தெரிவுகளையும் சமமாக நடத்தி, சமநிலையில் ஒருவர் மனம் மாறினாலும் அசைந்துகொடுக்கும் விதி அது ஒன்றுதான் என்று மே என்பவர் 1952இல் காட்டியிருக்கிறார் என்றேன். அவள் தலையாட்டிவிட்டுக் கை உயர்த்தியவர்களைத் தானே எண்ணத் தொடங்கினாள். இரண்டிரண்டாக மோதவிடுவதற்கு 41, புள்ளிக்கு 22. சுழல் வந்தால் சீட்டுக் குலுக்குவது என்றும் தாளின் அடியில் அவளே எழுதினாள். அதன் பிறகு அட்டைகளைக் கொடுத்தோம்.