நைட்டு 12 மணிக்கு மேல புல்லட் ரயில் ஓடாது

அப்பாவுக்கு கண்புரை ஆபரேஷன் ஆகி இன்னியோட ஆறு நாள். கருப்புக் கண்ணாடி போட்டுக்கிட்டு சேலம் ஜாகிர் அம்மாபாளையம் வீட்டுத் திண்ணையில உக்காந்திருக்காரு. சொட்டு மருந்து, குனியக்கூடாது, தலைக்கு ஊத்தக்கூடாது, போனும் டிவியும் பக்கத்துலயே வரக்கூடாதுன்னு அம்மா கறாரா சொல்லிட்டாங்க. ரயில்வேல 34 வருஷம் தண்டவாளத்துல நடந்த மனுஷன், லைன் வேலை பாக்கற கேங்மேனா சேந்து கீமேனாகி, அந்த ஆளுங்களுக்குத் தலைவரா மேட்டா ரிட்டயர் ஆனவரு, அவர ஒரே எடத்துல உக்காருன்னா எப்படி உக்காருவாரு. அதனால தினம் சாயங்காலம் நான் வேலை விட்டு வந்ததும் "ஏங்கண்ணு, அந்த ஜப்பான் வண்டி கதைய சொல்லு"ன்னு ஆரம்பிச்சுடறாரு. வீடியோ காட்ட முடியாது, எல்லாத்தையும் வாயாலயே சொல்லணும். அப்படி சொல்லச் சொல்லத்தான் எனக்கே பல விஷயம் புரிஞ்சுது, அதான் மறக்கறதுக்குள்ள எழுதி வைக்கிறேன்.

2023ல ரெண்டு மாசம் கம்பெனி ட்ரெயினிங்குக்காக ஹமாமட்சுன்னு ஒரு ஊருக்கு போயிருந்தேன், டோக்கியோவுக்கும் ஒசாகாவுக்கும் நடுவுல இருக்கு. போறதுக்கு முன்னாடி ஷின்கன்சென்னா, அதான் நாம புல்லட் ரயில்னு சொல்றமே, அந்த நீள மூக்கு வச்ச வண்டியோட பேருன்னுதான் நெனச்சிருந்தேன். அங்க கூட வேலை பாத்த ஒருத்தர் சொன்னாரு, ஷின்கன்சென்னா "புது மெயின் லைன்"னு அர்த்தமாம். அதாவது பேரு வண்டிக்கு இல்ல, லைனுக்கு. இத அப்பாகிட்ட சொன்னதும் கண்ணாடிய கொஞ்சம் தூக்கிக்கிட்டு என்னையே பாத்தாரு. "தண்டவாளத்துக்கா பேரு வச்சிருக்கான்"னு ரெண்டு தடவ கேட்டாரு.

ஆமா, தண்டவாளத்துக்குத்தான். மொத்த சூட்சுமமும் அங்கதான் இருக்கு. ஜப்பான்ல பழைய லைன் எல்லாம் 1067 மில்லிமீட்டர் அகலம், நம்ம விருத்தாச்சலம் லைன் முன்னாடி இருந்த மீட்டர் கேஜவிட ஒரு சாண் கூட அதிகம் கிடையாது. அதுல வேகமா ஓட்ட முடியாதுன்னு முடிவு பண்ணி 1435 மில்லிமீட்டர்ல தனியா ஒரு லைன் போட்டாங்க. அதுல கூட்ஸ் கிடையாது, பாசஞ்சர் கிடையாது, ஒரே ஒரு லெவல் கிராசிங் கூட கிடையாது, ஆடு மாடு மனுஷன் யாரும் குறுக்க வர முடியாது. 1964 அக்டோபர் 1ஆம் தேதி டோக்கியோல இருந்து ஷின்-ஒசாகா வரைக்கும் 515 கிலோமீட்டர் தொறந்தப்பவே மணிக்கு 210ல ஓடுச்சு. அந்த வேகத்துல ஓரத்துல இருக்கற சிக்னல டிரைவர் கண்ணால பாத்து படிக்க முடியாதுங்கறதால எவ்வளவு வேகம் போகலாம்ங்கறது டிரைவர் முன்னாடியே காட்டும், மீறுனா தானா பிரேக் பிடிச்சுக்கும். இதெல்லாம் 1964லயே!

அப்பாவுக்கு இதுல பிடிச்சது வளைவு கணக்கு. அவரு வேலை பாத்தது முக்கால்வாசி டேனிஷ்பேட்டை லோகூர் காட் செக்ஷன்ல. சேர்வராயன் மலை அடிவாரத்த ஒட்டி லைன் வளைஞ்சு வளைஞ்சு ஏறும், சென்னை வண்டில போனவங்களுக்கு தெரியும், ஜன்னல் வழியா பாத்தா நம்ம வண்டியோட இஞ்சினே நமக்கு தெரியும். நம்ம ஆளுங்க வளைவ டிகிரியில சொல்லுவாங்க, 1 டிகிரின்னா சுமாரா 1750 மீட்டர் ஆரம், ஆரம் கூடக்கூட வளைவு கம்மி. டோக்கியோ ஒசாகா லைன்ல பொதுவா 2500 மீட்டருக்கு குறையாம ஆரம் வச்சிருக்காங்கன்னு சொன்னேன். அப்பா விரல் விட்டு கணக்கு போட்டு "முக்கா டிகிரி கூட இல்லையேடா"ன்னாரு. அடுத்து போட்ட சன்யோ லைன், ஒசாகால இருந்து மேற்க போறது, 1972ல ஒகயாமா வரைக்கும் 1975ல ஹகாட்டா வரைக்கும், அதுல 4000 மீட்டர். "அது அரை டிகிரிக்கும் கீழ, அத வளைவுன்னே சொல்லக்கூடாது"ன்னு சொல்லிட்டு சிரிச்சாரு. அதனாலதான் அந்த முதல் டோக்கியோ ஒசாகா லைன்ல இன்னிக்கும் 285தான், வண்டிய லேசா சாச்சு சாச்சு ஓட்டியும் அவ்வளவுதான், சன்யோ லைன்ல அதே வண்டி 300 போகுது, வடக்க தொஹோக்கு லைன்ல பச்சை கலர் ஹயபுசா 320. வண்டி என்னதான் புதுசா வந்தாலும் லைன் எவ்வளவு விடுதோ அவ்வளவுதான் வேகம்.

அந்த முதல் லைன் போட்ட தலைமை இஞ்சினியர் பேரு ஹிதியோ ஷிமா. அவரோட அப்பா யசுஜிரோ ஷிமாவும் ரயில்வே இஞ்சினியர், அகலமான லைன் போடணும்னு காலமெல்லாம் போராடி நடக்காமப் போனவரு. அப்பன் விட்ட எடத்துல இருந்து மகன் எடுத்திருக்காரு. ஆனா செலவு எதிர்பாத்தத விட ரெண்டு மடங்கு கிட்ட ஏறிடுச்சு, உலக வங்கி குடுத்த 8 கோடி டாலர் கடனெல்லாம் எந்த மூலைக்கு, அதுக்குப் பொறுப்பேத்து ரயில்வே தலைவரா இருந்த ஷின்ஜி சோகோவும் ஷிமாவும் 1963ல பதவிய விட்டுப் போயிட்டாங்க. அடுத்த வருஷம் முதல் வண்டிக்கு ரிப்பன் வெட்டுனப்ப அந்த பிளாட்ஃபாரத்துல அவங்க ரெண்டு பேரும் இல்ல. எனக்கு இது இன்னும் மனசுல உறுத்திட்டே இருக்கு.

நான் அங்க அதிகமா போனது கொடமா வண்டில. அந்த லைன்ல மூணு தரம், நொசொமி பெரிய ஊர்ல மட்டும் நிக்கும், ஹிகாரி கொஞ்சம் கூட நிக்கும், கொடமா எல்லா ஸ்டேஷன்லயும் நிக்கும். ஹிகாரின்னா வெளிச்சம், கொடமான்னா எதிரொலி, நொசொமின்னா நம்பிக்கை, அது 1992ல வந்தது. ஹமாமட்சுல நொசொமி நிக்காது. ஒரு ஞாயித்துக்கிழமை டோக்கியோல இருந்து திரும்பி வரேன், ஷின்-ஃபுஜி ஸ்டேஷன்ல கொடமா ஓரத்து லைன்ல ஒதுங்கி நிக்குது, நம்ம ஊர்ல பாசஞ்சர லூப்ல போட்டு எக்ஸ்பிரஸ விடற மாதிரியே. அஞ்சு நிமிஷம் நிக்கும்னு எழுதியிருந்துச்சு, சரி காப்பி வாங்கலாம்னு எறங்கி பிளாட்ஃபாரத்துல இருக்கற மெஷின்ல டப்பா காப்பி எடுத்துட்டு நின்னுட்டிருந்தேன். முதல்ல ஒண்ணும் கேக்கல. அப்புறம் கால்ல லேசா ஒரு அதிர்வு, நடு லைன்ல வெள்ளையா ஏதோ வந்துச்சு, காத்து ஒரு அடி அடிச்சுது, நிக்கிற கொடமாவே ஒரு ஆட்டம் ஆடுச்சு. 16 பெட்டி, 400 மீட்டர் நீளம், அஞ்சு செகண்ட்ல முடிஞ்சுபோச்சு. கையில இருந்த காப்பி டப்பாவ நான் தொறக்கவே இல்ல. தள்ளி ஃபுஜி மலை பாதி மேகத்துல நின்னுட்டிருந்துச்சு, எதுவுமே நடக்காத மாதிரி. சரியா அந்த அஞ்சாவது நிமிஷம் கொடமா கெளம்புச்சு.

டைம் விஷயத்துல அவங்கள அடிச்சுக்க ஆளே கிடையாது. புயல் மழை நிலநடுக்கம் எல்லாத்தையும் சேத்து வருஷ சராசரி பாத்தாலே ஒரு வண்டிக்கு ஒண்ணு ரெண்டு நிமிஷம்தான் லேட். டோக்கியோல வடக்க போற வண்டிங்கள 7 நிமிஷத்துல மொத்தமா கூட்டிப் பெருக்கி சீட்டயெல்லாம் போற திசைக்கு திருப்பி வச்சுட்டு வரிசையா நின்னு குனிஞ்சு வணக்கம் சொல்றதெல்லாம் நெறைய பேரு வீடியோல பாத்திருப்பீங்க. தள்ளுவண்டி ஐஸ்கிரீமும் சாப்ட்டேன், ஸ்பூன் எறங்காத அளவுக்கு கல்லு மாதிரி இருக்கும், டோக்கியோ ஒசாகா லைன்ல 2023 அக்டோபர் கடைசியோட தள்ளுவண்டிய நிறுத்திட்டாங்க.

ஆனா அப்பா திரும்பத் திரும்பக் கேட்டது இதெதுவும் இல்ல. "இவ்வளவு வண்டி விடறானே, ஒரு மணி நேரத்துக்கு பத்து பன்னெண்டு நொசொமி மட்டுமேங்கற, லைன எப்படா பாக்கறாங்க?"

இந்தக் கேள்விய கேக்கறதுக்கு அவருக்கு முழு உரிமை இருக்கு. கீமேன் வேலைன்னா என்னன்னு எனக்கு சின்ன வயசுலயே தெரியும். விடியக்காலைல சுத்தியலும் ஸ்பேனரும் சிவப்புக்கொடியும் பையில போட்டுக்கிட்டு கெளம்புவாரு, தன்னோட பீட் முழுக்க நடந்து, தண்டவாளத்தப் பிடிச்சிருக்கற கிளிப்பு கழண்டிருக்கா, தண்டவாளத்துல வெடிப்பு இருக்கா, ஜல்லி நகந்திருக்கான்னு ஒவ்வொண்ணா பாத்துட்டே போவாரு. எட்டாவது படிக்கறப்ப ஒருநாள் லீவுல சோறு எடுத்துட்டு போனேன். வளைவுல அப்பா குனிஞ்சு கிளிப்ப தட்டறாரு, டங்குன்னு சத்தம் வந்தா நல்லா உக்காந்திருக்கு, டொக்குன்னு வந்தா லூஸு, காதாலயே கண்டுபிடிப்பாரு. நடுவுல சட்டுன்னு நிமுந்து என் கையப் பிடிச்சு லைன விட்டு வெளிய இழுத்து நிறுத்துனாரு. எனக்கு ஒண்ணுமே கேக்கல. கொஞ்ச நேரம் கழிச்சுத்தான் வளைவுல இஞ்சின் தலை தெரிஞ்சுது. வண்டி போனதும் மறுபடி குனிஞ்சு அதே கிளிப்புல இருந்து ஆரம்பிச்சாரு. ஒரு நாளைக்கு எத்தனை தடவ இப்படி எறங்கி ஏறியிருப்பாரு! ராத்திரியும் பகலும் வண்டி ஓடிட்டே இருக்கற லைன்ல, வண்டிக்கும் வண்டிக்கும் நடுவுல கெடைக்கற நேரத்துல பாத்த வேலை அது.

அதனால நான் ஹமாமட்சுல பாத்தத அப்பாவுக்கு நிதானமா சொன்னேன். என் ரூம் எட்டாவது மாடி, ஜன்னலத் தொறந்தா ஷின்கன்சென் பாலம். ராத்திரி பதினொண்ணே முக்காலுக்குள்ள கடைசி வண்டி போயிடும், அதுக்கப்புறம் அந்த லைனே செத்த மாதிரி ஆயிடும். 12 மணியில இருந்து காலைல 6 மணி வரைக்கும் ஷின்கன்சென்ல பயணி வண்டி ஓடாது. அக்கம்பக்கத்து சனம் தூங்கணும், லைன் வேலை நடக்கணும், ரெண்டுக்கும் சேத்து அந்த ஆறு மணி நேரம். எவ்வளவு கூட்டம் இருந்தாலும், எவ்வளவு காசு வர்றதா இருந்தாலும் அந்த நேரம் லைன் வேலைக்காரங்களுக்குத்தான். ஒருநாள் தூக்கம் வராம ஜன்னல்ல நின்னுட்டிருந்தப்ப பாத்தேன், பாலத்து மேல மஞ்ச வெளக்கு வரிசையா நகருது, ஹெல்மெட்டுல லைட் கட்டுன ஆளுங்க பத்து இருபது பேரு குனிஞ்சு ஏதோ பண்றாங்க, நடுவுல ஒரு மெஷின் வண்டி நிக்குது. ஒருத்தரும் திரும்பித் திரும்பிப் பாக்கல. எதுக்குப் பாக்கணும், வண்டிதான் வராதே. அப்ப எனக்கு அப்பா ஞாபகம் வந்து தொண்டைய அடச்சுது, அத அவருகிட்ட சொல்லல, இங்கதான் சொல்றேன்.

வேலை முடிஞ்சதும் அப்படியே விட்டுடறதில்ல. முதல் வண்டி வர்றதுக்கு முன்னாடி, சரிபாக்கற வண்டின்னு ஒண்ணு, முன்னாடி பெரிய பெரிய வெளக்கு வச்சு அந்த லைன் முழுக்க ஓடிப் பாத்துட்டு வரும், ஏதாவது சாமான் லைன்ல விட்டுப்போயிருக்கான்னு. அது சரின்னு சொன்னாத்தான் காலைல முதல் நொசொமி. அப்பா உடனே "அதான் கீமேன்"னாரு. அதோட டாக்டர் எல்லோன்னு ஒரு மஞ்ச ரயில், 7 பெட்டி, சுமார் பத்து நாளைக்கு ஒருதடவ பகல்லயே 270ல ஓடிக்கிட்டே தண்டவாளத்தையும் மேல ஒயரையும் அளந்துட்டு போகும். அது எப்ப வரும்னு டைம்டேபிள் வெளிய விடமாட்டாங்க, பாத்தா அதிர்ஷ்டம்னு அங்க ஒரு நம்பிக்கை. நான் ஒரே ஒருதடவ ஹமாமட்சு பிளாட்ஃபாரத்துல பாத்தேன், பள்ளிக்கூடப் பசங்க எல்லாம் கத்திக்கிட்டே ஓடுனாங்க. அந்த வண்டிய 2025 ஜனவரில ஓய்வு குடுத்து அனுப்பிட்டாங்க, இன்னொண்ணு மேற்குப் பக்க லைன ஓட்டற கம்பெனியோடது இருக்கு.

நிலநடுக்கம் வந்தா என்ன பண்ணுவாங்கன்னு அம்மா உள்ள இருந்து கேட்டாங்க. கடலோரத்துலயும் லைன் ஓரத்துலயும் கருவி வச்சிருக்காங்க, பெரிய அதிர்வு வர்றதுக்கு முன்னாடி வர்ற சின்ன அலைய பிடிச்சதுமே கரண்ட கட் பண்ணிடும், வண்டிங்க தானா பிரேக் போட்டுக்கும். 2011 மார்ச் 11 அன்னிக்கு அவ்வளவு பெரிய நிலநடுக்கத்துலயும் பயணிகளோட ஓடிட்டிருந்த ஒரு ஷின்கன்சென் கூட தடம் புரளல. 2004ல நீகட்டா பக்கம் ஒண்ணு, 10 பெட்டில 8 பெட்டி புரண்டுச்சு, ஆனா உயிர்ச்சேதம் இல்ல. ரயில் மோதியோ தடம் புரண்டோ ஷின்கன்சென்ல இதுவரைக்கும் ஒரு பயணி கூட சாகல. 1995ல மிஷிமா ஸ்டேஷன்ல ஒரு ஸ்கூல் பையன் கதவுல கை மாட்டி இழுபட்டு செத்துப்போனான், அத மறைக்காம சொல்லணும். அப்பா கொஞ்ச நேரம் எதுவும் பேசல.

சென்னை கோயமுத்தூர் தூரமும் டோக்கியோ ஒசாகா தூரமும் கிட்டத்தட்ட ஒண்ணுதான், 500 கிலோமீட்டர் பக்கம். அங்க நொசொமி ரெண்டரை மணி நேரம், 2023 ஏப்ரல்ல விட்ட நம்ம வந்தே பாரத் சேலம் வழியா ஆறு மணி நேரத்துக்கு பத்து நிமிஷம் கம்மி. ஏன் இந்த வித்தியாசம்னு அப்பாவுக்கு நான் சொல்ல வேண்டியதே இல்ல. அதே லைன்ல கூட்ஸும் போகணும் பாசஞ்சரும் போகணும், லோகூர் வளைவுலயும் ஏறணும், அவரு தட்டித் தட்டிப் பாத்த கிளிப்பு மேலதான் அது போகுது. மும்பை அகமதாபாத் 508 கிலோமீட்டருக்கு தனி லைன் இப்ப போட்டுட்டு இருக்காங்க, அங்கயும் ராத்திரி நேரத்த லைன் ஆளுங்களுக்குன்னு ஒதுக்கி வைக்கணும்னு நான் ரொம்ப ஆசப்படறேன்.

ஜன்னல்ல நின்னப்ப அந்த மஞ்ச வெளக்கு ஆளுங்கள ஒரு 40 செகண்ட் வீடியோ எடுத்திருந்தேன், இருட்டா ஆடிட்டுத்தான் இருக்கும். அப்பா அதத்தான் மொதல்ல பாக்கணுங்கறாரு, நொசொமி போறது அப்புறமாம். பென்டிரைவ்ல போட்டு வச்சுட்டேன். ஞாயித்துக்கிழமை டாக்டர் சரின்னு சொன்னா டிவில போடணும். இப்ப ஏழரை ஆச்சு, அம்மா கூப்பிடறாங்க, சொட்டு மருந்து விடற நேரம்.