உறையின் பின்பக்கம்

லண்டனில் பழைய இசைத்தட்டுகளை வாங்கி விற்கும் ஒரு கடையில் சில வருடங்கள் வேலை பார்த்தேன். கல்லாவில் நிற்பது குறைவு, பெரும்பாலும் பின்னறையில்தான். யாராவது தன் சேகரிப்பை மொத்தமாக விற்க வந்தால் அட்டைப்பெட்டிகள் என் மேசைக்கு வந்துவிடும். ஒவ்வொரு தட்டையும் உறையிலிருந்து எடுத்து, விளிம்பிலும் நடு லேபிளிலும் மட்டும் விரல் படும்படி பிடித்து, விளக்கின் கீழ் சாய்த்துப் பார்க்க வேண்டும். நேராகப் பார்த்தால் எல்லாத் தட்டும் புதுசு மாதிரிதான் இருக்கும். சாய்த்தால்தான் கீறல் தெரியும். பாட்டு முடிந்து லேபிள் தொடங்கும் முன் ஒரு வெற்று வளையம் இருக்கும். அதில் கீறியிருக்கும் எண்ணைப் படித்து, எந்தப் பதிப்பு என்று குறித்துக்கொண்டு, அப்புறம் விலை ஒட்டுவோம்.

எழுபதுகளின் நடுவில் எழுந்த பங்க் என்ற முரட்டு ராக் இசையின் தட்டுகள் பற்றி வரும் தொலைபேசி விசாரிப்புகளில் பாதி ஒரே மாதிரி இருக்கும். செக்ஸ் பிஸ்டல்ஸின் 'காட் சேவ் த குவீன்' என்னிடம் இருக்கிறது, எவ்வளவு தருவீர்கள் என்பார்கள். 1977 மார்ச்சில் ஏ அண்ட் எம் இசைத்தட்டு நிறுவனம் பக்கிங்காம் அரண்மனைக்கு வெளியே மேசை போட்டு அந்தக் குழுவிடம் கையெழுத்து வாங்கியது. சில நாட்களிலேயே ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு, அச்சடித்த தட்டுகளை அழிக்கச் சொன்னது. அதில் தப்பியவைதான் இன்று ஆயிரக்கணக்கான பவுண்டுக்குப் போகின்றன. எங்களிடம் வந்ததெல்லாம் அதே வருடம் மே மாதம் வர்ஜின் என்ற இன்னொரு நிறுவனம் வெளியிட்ட பதிப்பு. அது ஏராளமாக விற்றது, இன்றும் எளிதாகக் கிடைக்கிறது. இதைச் சொல்லும்போது மறுமுனையில் ஒரு மௌனம் விழும்.

பங்க் என்பது என்ன என்பதை நான் கற்றுக்கொண்டது அந்த விலை உயர்ந்த தட்டிலிருந்து அல்ல. மான்செஸ்டர் குழுவான பஸ்காக்ஸின் 'ஸ்பைரல் ஸ்க்ராட்ச்' முதல் முறை கைக்கு வந்தபோதுதான். 7 அங்குலத் தட்டு, நான்கு பாட்டு. 1976 டிசம்பர் 28 அன்று ஒலிப்பதிவு, 1977 ஜனவரியில் வெளியீடு. கடன் வாங்கிய 500 பவுண்டில், நியூ ஹார்மோன்ஸ் என்ற சொந்த வெளியீட்டுப் பெயரில் முதலில் 1000 தட்டு அச்சடித்தார்கள். உறையைத் திருப்பினால் ஒவ்வொரு பாட்டின் பெயருக்கும் பக்கத்தில் அது எத்தனையாவது முயற்சியில் பதிவானது, மேலே எதுவும் சேர்த்தார்களா என்று இருக்கும். 'பிரேக்டவுன்' மூன்றாவது முயற்சி, சேர்ப்பு இல்லை. 'போர்டம்' முதல் முயற்சி, கிட்டார் சேர்த்தது. வேறு எந்தக் குழுவும் தன் உறையில் இப்படி எழுதி நான் அதுவரை பார்த்ததில்லை. பதிவு எப்படி நடந்தது என்பதைக் கேட்பவரிடம் மறைக்க வேண்டியதில்லை என்று அவர்கள் நினைத்திருக்கிறார்கள்.

அதற்குப் பிறகு எந்த உறையானாலும் பின்பக்கத்தைத்தான் முதலில் பார்ப்பேன். டெஸ்பரேட் பைசைக்கிள்ஸ் என்ற லண்டன் குழு 1977-இல் தன் முதல் தட்டுக்கு 153 பவுண்டு செலவழித்தது. 500 பிரதிகள், இரண்டு பக்கத்திலும் அதே இரண்டு பாட்டுகள். எளிதாக இருந்தது, செலவும் குறைவு, நீங்களும் போய்ச் செய்யுங்கள் என்பதையே பாட்டாகப் பாடினார்கள். 1978-இல் ஸ்க்ரிட்டி பொலிட்டி குழு செலவுக் கணக்கையே உறையில் போட்டுவிட்டது. கேம்பிரிட்ஜில் ஸ்பேஸ்வார்ட் என்ற ஸ்டூடியோவில் 14 மணி நேரம், 98 பவுண்டு. அச்சுக்கான மூலத் தட்டு (மாஸ்டர்) வெட்ட 40 பவுண்டு. வெள்ளை லேபிளில் குத்த ரப்பர் ஸ்டாம்ப் 8 பவுண்டு. எங்கே போக வேண்டும் என்ற முகவரிகளும் கூடவே. அந்தத் தட்டு மேசைக்கு வந்த நாள் நன்றாக நினைவிருக்கிறது. ஸ்டாம்ப் சற்றுச் சாய்ந்து விழுந்திருந்தது, ஒரு ஓரத்தில் மை கூடுதலாகப் பரவியிருந்தது. லேபிள் ஒவ்வொன்றிலும் யாரோ உட்கார்ந்து கையால் குத்தியிருக்கிறார்கள்.

பங்க் வரலாறு என்றால் வழக்கமாக ஊக்கு குத்திய சட்டை, லண்டன் கிங்ஸ் ரோடு 430-ஆம் எண்ணில் செக்ஸ் பிஸ்டல்ஸின் மேலாளர் மால்கம் மெக்லாரனும் விவியன் வெஸ்ட்வுட்டும் நடத்திய துணிக்கடை, தொலைக்காட்சியில் கெட்ட வார்த்தை என்றுதான் தொடங்குவார்கள். அதெல்லாம் நடந்ததுதான். ஆனால் ஒரு தட்டு வெளியிட என்ன செலவாகும் என்பது அதுவரை கம்பெனிக்காரர்களுக்கு மட்டும் தெரிந்த விஷயமாக இருந்தது. இந்தப் பையன்களும் பெண்களும் அதை வெளியே எடுத்துப் போட்டார்கள். என் கணக்கில் மற்ற எல்லாவற்றையும்விட இதுதான் பெரிய காரியம். சைட்பர்ன்ஸ் என்ற ரசிகர் இதழில் கிட்டாரில் விரல் வைக்கும் மூன்று சுரக்கூட்டுகளை (chord) வரைந்து, இது ஒன்று, இது இன்னொன்று, இது மூன்றாவது, இனி ஒரு குழு தொடங்கு என்று போட்டிருந்தார்களே, அதே மனசுதான் இந்த உறைகளிலும்.

பங்கை ஒட்டிப் பிறந்த இன்னொரு இசை வகை நியூ வேவ். கடையில் தட்டு வரிசைகளைப் பிரிக்க 'பங்க்' என்று ஒரு தடுப்பட்டை, 'நியூ வேவ்' என்று இன்னொன்று. எந்தத் தட்டு எதற்குள் போக வேண்டும் என்பதில் முதலாளி கறார். ரமோன்ஸ் இங்கே, டாக்கிங் ஹெட்ஸ் அங்கே. 1975 ஜூனில் நியூயார்க்கின் சிபிஜிபி என்ற கிளப்பின் மேடையில் ரமோன்ஸுக்கு முன்னால் வாசித்துத்தான் டாக்கிங் ஹெட்ஸ் தொடங்கியது. இரண்டு குழுவின் தட்டுகளையும் வெளியிட்டதும் சயர் என்ற ஒரே நிறுவனம்தான். பங்க் என்று சொன்னால் அமெரிக்க வானொலிகள் தட்டைத் தொடவே தயங்கிய நேரத்தில், சயரின் சீமோர் ஸ்டெய்ன் அதற்குப் பதிலாக நியூ வேவ் என்ற பெயரை முன்னால் தள்ளினார். ஆக அந்தத் தடுப்பட்டை இசையை வைத்து வந்ததைவிட வியாபாரத்தை வைத்து வந்ததுதான் அதிகம். முதலாளி இதை மறுக்கவில்லை. "இருக்கட்டும், வாங்க வருகிறவர் அந்தப் பெயரில்தானே தேடுகிறார்" என்பார். கடை நடத்துகிறவர் அவர், அவர் சொல்வதிலும் நியாயம் இருந்தது.

ஆனால் பின்பக்கத்தைப் படித்துப் பழகியவனுக்கு அந்தத் தடுப்பட்டை நிற்காது. 98 பவுண்டு வாங்கிய அதே ஸ்பேஸ்வார்ட் ஸ்டூடியோவில்தான் 1978-இல் பெல்ஃபாஸ்டின் ஸ்டிஃப் லிட்டில் ஃபிங்கர்ஸ் தங்கள் முதல் ஆல்பத்தைப் பதிவு செய்தார்கள். வட அயர்லாந்து கலவரத்தின் நடுவிலிருந்து வந்த, தொண்டை கிழியும் பங்க். ரஃப் டிரேட் நிறுவனம் வெளியிட்ட முதல் ஆல்பமும் அதுதான். அதே வருடம் அதே ஸ்டூடியோவுக்கு டியூப்வே ஆர்மி என்ற பங்க் குழுவோடு கேரி நியூமன் போனார். யாரோ விட்டுப்போன மினிமூக் என்ற மின்னணு இசைக்கருவி (சிந்தசைசர்) ஒன்று அங்கே கிடந்தது. அவர் ஒரு கட்டையை அழுத்திப் பார்த்தார், வந்த சத்தத்தில் மயங்கிப்போனார். அடுத்த வருடமே அவருடைய சிந்தசைசர் பாட்டு பிரிட்டனில் முதலிடம். எண்பதுகளின் மின்னணு நியூ வேவுக்குக் கதவு திறந்த பாட்டுகளில் அது ஒன்று. வாடகை குறைந்த ஒரே ஸ்டூடியோவில் பதிவானவர்களை நாங்கள் கடையில் வெவ்வேறு வரிசையில் வைத்திருந்தோம்.

ஈஸ்ட் ஹாமிலிருந்து ஒரு தமிழ்ப் பையன் அடிக்கடி வருவான். "அண்ணா, கிளாஷின் 'காம்பாட் ராக்' இருக்கோ?" என்று கேட்டுத்தான் முதலில் வந்தான். லண்டன் பங்க் குழுவான கிளாஷ் 1982-இல் வெளியிட்ட அந்த ஆல்பத்தில் 'ஸ்ட்ரெய்ட் டு ஹெல்' என்ற பாட்டு, குடியேறி வந்தவர்களைப் போகச் சொல்லும் குரலையும், அமெரிக்கச் சிப்பாய்கள் வியட்நாமில் விட்டுப்போன பிள்ளைகளையும் பற்றியது. அதன் கிட்டார் இழையை எடுத்துத்தான் மாயா அருள்பிரகாசம், அதாவது பாடகி எம்.ஐ.ஏ., 2007-இல் 'பேப்பர் பிளேன்ஸ்' பாட்டைச் செய்தார். யாழ்ப்பாணத்தில் வளர்ந்து அகதியாக லண்டன் திரும்பிய பெண்ணின் கையில் அந்த இழை போய்ச் சேர்ந்ததைவிடப் பொருத்தமான இடம் எனக்குத் தெரியவில்லை. பையனுக்கும் அப்படியே தோன்றியிருக்க வேண்டும். காசு கொடுப்பதற்கு முன்பே 'ஸ்ட்ரெய்ட் டு ஹெல்' பாட்டைக் கடையில் போட்டுக் கேட்டான்.

பிறகு முதலாளியிடம் சொல்லி, விலைச் சீட்டில் ஸ்டூடியோ பெயரையும் சேர்த்து எழுத ஆரம்பித்தேன். தடுப்பட்டைகள் அப்படியே இருந்தன, சீட்டு மட்டும் நீண்டது. அதைப் பார்த்துவிட்டு ஸ்பேஸ்வார்ட் தட்டு வேறு இருக்கிறதா என்று கேட்பவர்கள் வரத் தொடங்கினார்கள். ஒரு நாள் கல்லூரிப் பெண்கள் மூவர் ஸ்க்ரிட்டி பொலிட்டி உறையின் கணக்கை வரி வரியாகச் சத்தமாகப் படித்தார்கள், கைபேசியில் படமும் எடுத்துக்கொண்டார்கள். தட்டின் விலையை அவர்கள் கேட்கவில்லை. 300 தட்டு அச்சடிக்க இப்போது யாரிடம் போக வேண்டும் என்று கேட்டார்கள். எங்களுக்குத் தெரிந்த ஆலையின் பெயரை எழுதிக் கொடுத்தேன். லேபிளை அச்சடிக்காமல் வெள்ளையாக வாங்கி ஸ்டாம்ப் குத்திக்கொண்டால் இன்றைக்கும் செலவு குறையும் என்றேன்.